ஆட்டக்காரர்களே செய்யும் எஸ்கேப் ரூம் (புதிர் அவிழ்த்து அறையிலிருந்து தப்பும்) மேப்களில் இன்னும் மனதை அரிக்கிற அனுபவம் ஏதாவது உண்டா?

சாவிக்கொத்து

ரோப்ளாக்ஸில், அதாவது ஆட்டக்காரர்களே ஆட்டம் செய்து போடும் தளத்தில், இருவர் ஆடும் ரூம். பெயர் மறந்துவிட்டது. ஆய்வுக்கூடம், நீலக் கதவு, மினுக்கும் விளக்கு, வழக்கமான சங்கதிதான். முன்பின் தெரியாத ஒருவரோடு ஜோடி சேர்த்துவிட்டது. பூட்டு என் அறையில், பூட்டுக்கான நம்பர் அவர் அறையில், நடுவே கண்ணாடி. அவர் சாட்டில் நம்பரைப் போட்டார். எனக்கு வந்தது ####. மறுபடி போட்டார், மறுபடியும் ####. சிறுவர்கள் போன் நம்பரைப் பரிமாறிக்கொள்ளக் கூடாது என்று வைத்திருக்கிற வடிகட்டி, அதைக் குறை சொல்ல வரவில்லை.

அப்புறம் அவர் கண்ணாடிக்கு நேர் எதிரே வந்து நின்று குதிக்க ஆரம்பித்தார். நான்கு குதி. நின்றார். ஏழு குதி. நின்றார். அடுத்து குதிக்கவே இல்லை, நின்ற இடத்திலேயே மெதுவாக ஒரு சுற்று சுற்றினார். "பூஜ்யம்!" என்று நான் வாய்விட்டே கத்திவிட்டேன். கடைசியாக இரண்டு குதி. 4702 போட்டதும் கதவு திறந்தது.

அரிப்பது இதற்குப் பிறகு நடந்தது. நான் வெளியே கால் வைத்ததுமே கதவு மூடிக்கொண்டது, வெற்றித் திரை வந்தது, லாபியில் கொண்டுபோய்ப் போட்டுவிட்டது. அவர் அறையில் கதவு என்று ஒன்றைப் பார்த்த ஞாபகமே இல்லை. அவரும் தப்பித்தாரா, அல்லது அந்தப் பக்கம் போய் விழுகிறவர் எப்போதுமே மாட்டிக்கொள்கிறவர்தானா? இப்போது தேடினால் மேப்பே வரவில்லை. யாராவது ஆடியிருக்கிறீர்களா?

பழைய_வெர்ஷன்

அது தெரியாது. என்னுடையது மைன்கிராஃப்ட் (கட்டைகளால் உலகம் கட்டும் ஆட்டம்), ஒற்றை ஆள் மேப், 1.12 வெர்ஷன் காலத்தது. ஒரு நீளமான தாழ்வாரம், முனையில் ஓவியம். ஓவியத்தைப் பார்த்துவிட்டுத் திரும்பினால் வந்த வழி இல்லை, சுவர்தான் இருக்கிறது. மறுபடி ஓவியத்தின் பக்கம் திரும்பினால் ஓவியமும் இல்லை. சத்தம் கிடையாது, திரை ஒரு துளி கூட ஆடாது. நாம் எந்தப் பக்கம் பார்க்கிறோம் என்பதை கமாண்ட் பிளாக் (எழுதி வைத்த கட்டளையைத் தானே இயக்கும் கட்டை) கவனித்துக்கொண்டே இருந்து, அச்சாக அதே மாதிரி இருக்கும் இன்னொரு தாழ்வாரத்துக்கு நம்மை மாற்றிவிடுகிறது. இது தெரிந்த பிறகும் எனக்கு முதுகு சில்லிட்டது.

இதைத் தம்பிக்குக் காட்ட வேண்டும் என்று ரொம்ப நாளாக ஆசை. புது வெர்ஷனில் திறந்து கொடுத்தேன். 2018இல் 1.13 வந்தபோது கட்டளை எழுதும் முறையே மாறிவிட்டதால், பழைய கமாண்ட் பிளாக்குகள் பாதிக்கு மேல் ஊமையாகிவிட்டன. தம்பி நடந்தான், ஓவியத்தைப் பார்த்தான், திரும்பினான். வந்த வழி அப்படியே இருந்தது. என்னைப் பார்த்து "அப்புறம்?" என்றான்.

அந்த "அப்புறம்?"தான் இன்னும் காதில் கேட்கிறது.

கட்டளைக்கட்டம்

@பழைய_வெர்ஷன் நீங்கள் கேட்கவில்லை, இருந்தாலும் சொல்கிறேன். மேப்பை எப்போதும் அது எந்த வெர்ஷனில் செய்யப்பட்டதோ அதில்தான் திறக்க வேண்டும். லாஞ்சரில் (ஆட்டத்தைத் திறக்கும் செயலி) புதிதாக ஒரு இன்ஸ்டாலேஷன் உருவாக்கி 1.12.2 தேர்ந்தெடுங்கள், அதற்குத் தனி ஃபோல்டர் கொடுங்கள், உங்கள் மற்ற உலகங்களோடு கலக்காது. ஆனால் ஏற்கெனவே புது வெர்ஷனில் திறந்துவிட்ட காப்பியை மறுபடி பழையதில் திறக்கப் பார்க்காதீர்கள். உலகத்தைப் புது வடிவத்துக்கு மாற்றி எழுதியிருக்கும், பின்னால் போக வழியில்லை. அசல் ஜிப்பைத் திரும்ப எடுத்துப் பிரியுங்கள். டெக்ஸ்சர் பேக் (பொருள்களின் தோற்றத்தை மாற்றும் கோப்பு) அந்த உலகத்தின் ஃபோல்டருக்குள்ளேயே வைத்திருந்தால் தனியாக ஆடும்போது அதுவே ஏறிக்கொள்ளும், சர்வரில் ஏறாது, முகவரி கொடுத்துத் தனியாக வைக்க வேண்டும். சர்வர் என்றால் இன்னொன்றும் உண்டு: 1.12 மாதிரிப் பழைய வெர்ஷன்களில் கமாண்ட் பிளாக்குகள் இயல்பாக அணைந்தேதான் வரும், சர்வர் ப்ராப்பர்டீஸ் கோப்பில் போய் இயக்க வேண்டும். வெர்ஷன் சரியாக இருந்தும் கதவு திறக்கவில்லை என்று புலம்புகிறவர்களில் நிறையப் பேருக்கு இதுதான் காரணம்.

என் கதை சின்னது. நண்பர்களை என் சர்வருக்குக் கூப்பிட்டு ஒரு ரூம் வைத்தேன். முதல் அறையில் ஒரு பட்டன். எனக்கு மட்டும் வேலை செய்கிறது, மற்ற யார் அழுத்தினாலும் அசையவில்லை. ஸ்பான் இடத்தைச் (ஆட்டக்காரர்கள் முதலில் வந்து இறங்கும் இடம்) சுற்றி 16 பிளாக் தூரத்துக்குப் பாதுகாப்பு என்று ஒன்று உண்டு, அதற்குள் ஆபரேட்டர் (சர்வரை நடத்துகிறவர்) தவிர யாரும் எதையும் தொட முடியாது. இதை நான் விளக்கி முடிப்பதற்குள், ஆட்டத்தின் ஒரே ரகசியமே நான்தான் என்று முடிவு கட்டி மூன்று பேர் என்னைப் பின்தொடர்ந்து சுற்றிக்கொண்டிருந்தார்கள்.

சுவரேறி

முதல் பதிவுக்கு வருகிறேன். அது உருக்கமான கதை இல்லை, மேப் செய்தவரின் கோளாறு. சாட்டில் எண் பலருக்குப் போகாது என்பது ரோப்ளாக்ஸில் ரூம் செய்கிற எல்லோருக்கும் தெரியும். எண்ணுக்குப் பதில் நிலா, மீன், குடை என்று படம் வைத்தால் வேலை முடிந்தது. தெரிந்தே நம்பர் பூட்டு வைப்பது சோம்பேறித்தனம்.

என் கட்சி வேறு. நான் கேமராவை வெளியே இழுத்து எட்டிப் பார்க்கிறவன். நம் முதுகுக்குப் பின்னால் கேமரா இருக்கிற ஆட்டங்களில் சுவரோரம் ஒட்டி நின்று திருப்பினால் அடுத்த அறை தெரிந்துவிடும். கூடாது என்றால் முதல் நபர் பார்வையில் பூட்டி வைக்கலாம், அதற்கு வசதி இருக்கிறது. பூட்டவில்லை என்றால் அனுமதி கொடுத்திருக்கிறார்கள் என்றுதான் அர்த்தம்.

ஒரு தடவை அப்படி எட்டிப் பார்த்தபோது பக்கத்து அறைச் சுவரில் பெரிய எழுத்தில் ஒரு நம்பர். உடனே போட்டேன், கதவும் திறந்தது. உள்ளே மேசை கிடையாது, நாற்காலி கிடையாது, ஒரு பலகை மட்டும்: "இந்த நம்பர் கதவின் அந்தப் பக்கத்திலிருந்து தெரியாது." அடுத்த நொடி மொத்தக் குழுவும் முதல் அறையில். ஒழுங்காகத் துப்புத் தேடிக்கொண்டிருந்த மற்ற நால்வரும் சேர்த்துத்தான். அவர்கள் அன்று சாட்டில் போட்டதில் பாதி #### ஆக வந்தது, அவை எண்கள் இல்லை.

சாவிக்கொத்து

@சுவரேறி மீன், குடை வைத்திருந்தால் அவர் குதித்திருக்கவே மாட்டார். அந்த ரூமில் எனக்குப் பிடித்ததே அதை வைத்தவர் திட்டமிடாத அந்த ஒன்றுதான். நம் கேள்விக்கு யாரும் பதில் சொல்லவில்லையே.

மங்கல்_மூன்று

எனக்குச் சிவப்பும் பச்சையும் பிரியாது. எஸ்கேப் ரூம் என்றாலே நிறம்தான், எனவே பாதி ரூம்களில் நான் பார்வையாளன். இது 2021இல் வந்த எஸ்கேப் சிமுலேட்டரில் நடந்தது. அதில் நாமே ரூம் செய்து ஸ்டீம் வொர்க்ஷாப்பில் (ஆட்டக்காரர்கள் செய்ததைப் பகிரும் இடம்) போடலாம், ஆட்டத்தோடு வருகிற ரூம்களைவிட அங்கே கிடக்கிறவைதான் எனக்கு இஷ்டம். ஒரு மருந்துக்கடை ரூம், அலமாரி நிறையப் புட்டிகள். நிற வரிசைப்படி தராசில் வைக்க வேண்டும். அக்கா வாய்ஸில் "சிவப்பு, இல்லை அரக்கு, இல்லை அதற்கும் இதற்கும் நடுவில்" என்று தடுமாறிக்கொண்டிருக்கிறாள். அதில் எல்லாமே ஒன்றுக்கொன்று நெருக்கமான நிறங்கள் போல.

எனக்கு நிறம் எதுவும் சொல்லாததால் நான் புட்டிகளைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தேன். அடிப்பக்கத்தில் சின்னச் சின்னக் கீறல்கள். ஒன்றில் ஒரு கீறல், ஒன்றில் இரண்டு, ஒன்றில் மூன்று. அந்த வரிசையில் வைத்தேன், தராசு சாய்ந்தது, இழுப்பறை திறந்தது. "எப்படிடா?" என்றாள் அக்கா. நிறம் தெரியாதவர்களுக்காக ஒரு நல்ல மனிதர் யோசித்து வைத்திருக்கிறார் என்று எனக்குப் பரவசம். வொர்க்ஷாப் பக்கத்தில் போய் நீளமாக நன்றி எழுதினேன்.

அவர் பதில்: "அய்யோ, அது நான் சோதிக்கும்போது அடையாளத்துக்குப் போட்டது. அழிக்க மறந்துவிட்டேன். இன்றே எடுத்துவிடுகிறேன்."

எடுக்காதீர்கள் என்று எழுதியிருக்கிறேன். இன்னும் பதில் இல்லை.

பன்னிரண்டிலக்கம்

எல்லோருக்கும் நல்ல ரூம் எப்படித்தான் கிடைக்கிறதோ. ஃபோர்ட்நைட் கிரியேட்டிவ் (ஃபோர்ட்நைட் ஆட்டத்தில் நாமே மேப் செய்யும் பகுதி) 2018 டிசம்பரில் வந்ததிலிருந்து நான் அங்கேதான். அப்போதெல்லாம் பன்னிரண்டு இலக்கக் கோட் யாராவது கொடுத்தால் அதைப் போட்டு உள்ளே போவோம், குப்பையோ புதையலோ ஆடித்தான் தெரியும். இப்போது முகப்பிலேயே வரிசை வரிசையாகத் தட்டில் வைத்து நீட்டுகிறார்கள், ஆனால் மேலே வருவது முக்கால்வாசி "100 லெவல்" ரகம். லெவல் என்றால் என்ன, ஒரு அறை, அதில் எங்கோ இலைக்குப் பின்னால் ஒரு பட்டன். சுவரோரமாக நடந்துகொண்டே பட்டனை அழுத்திக்கொண்டே போனால் போதும். புதிர் எங்கே இதில்?

காரணம் இருக்கிறது. 2023லிருந்து, ஃபோர்ட்நைட்டை நடத்தும் எபிக் அந்த ஆட்டத்தின் நிகர வருமானத்தில் 40 சதவீதத்தை, அதாவது ஐட்டம் ஷாப் (ஆட்டத்துக்குள் உள்ள கடை) முதலானவற்றில் வருவதில், தீவு (அங்கே மேப்புக்கு அதுதான் பெயர்) செய்கிறவர்களுக்குப் பிரித்துக் கொடுக்கிறது. எத்தனை பேர் வருகிறார்கள், எவ்வளவு ஈடுபட்டு ஆடுகிறார்கள், திரும்ப வருகிறார்களா என்பதையெல்லாம் வைத்துப் பங்கு. நன்றாக யோசித்த இருபது நிமிட ரூம் ஒன்றைச் செய்கிறவரைவிட, இலைக்குப் பின்னால் நூறு பட்டன் வைக்கிறவருக்கு இது லாபம். பணம் கொடுப்பது தப்பு என்று சொல்லவில்லை, நல்ல கைகள் சிலர் இதனால்தான் முழுநேரமாக இறங்கினார்கள். ஆனால் தேடுகிற நமக்குத்தான் வேலை கூடிவிட்டது.

நான் தேடுகிற விதம்: மேலே வருவதைத் தொடுவதே இல்லை. பிடித்த ஒரு ரூம் கிடைத்தால் அதைச் செய்தவரின் பக்கத்துக்குப் போய் அவருடைய பழைய மேப்களைப் பார்ப்பேன். ஒரே ஆள் பலவிதமாக முயன்றிருந்தால் நம்பலாம், ஒரே ரூமை நிறம் மாற்றிப் பத்துத் தடவை போட்டிருந்தால் ஓடிவிட வேண்டும். முகப்புப் படத்தில் வாய் பிளந்த முகமும் சிவப்பு அம்பும் இருந்தால் தள்ளிவிடுவேன். முதல் அறையில் எனக்கு ஒரு பொருள் கொடுத்து, அதை இரண்டாம் அறையில் வேறு விதமாகப் பயன்படுத்த வைத்தால் உட்கார்ந்து ஆடுவேன். விளக்கத்தில் "சவுண்ட் ஆன் செய்யுங்கள்" என்று எழுதியிருப்பவர்கள் பொதுவாகச் சிரத்தையானவர்கள், ஏனென்று தெரியவில்லை, என் அனுபவம்.

என்னை உறுத்துவது ஒரு ஆள். ஒரு பட்டன் மேப்பில் மூலையில் அசையாமல் நின்றுகொண்டிருந்தார். விடை தெரிந்தவர் போல ஒரு நிற்பு. வருகிறவர்கள் எல்லாம் அவரைச் சுற்றி நின்று அந்த மூலைச் சுவரையே தடவுகிறார்கள். எக்ஸ்பி (ஆடும் நேரத்துக்குக் கிடைக்கும் புள்ளி) ஏறட்டும் என்று விட்டுவிட்டு எழுந்து போனவர் அவர். பட்டன் உண்மையிலேயே அந்த மூலையில்தான் இருந்தது, அது வேறு விஷயம்.

கண்ணாடிச்சில்

@சாவிக்கொத்து ரோப்ளாக்ஸில் நானும் சின்ன ரூம்கள் செய்திருக்கிறேன். ஒருவர் கதவைத் தாண்டினால் குழுவுக்கே வெற்றி என்று எழுதலாம், தொட்டவருக்கு மட்டும் என்றும் எழுதலாம். எனவே ஊகித்துப் பயனில்லை. ஆனால் ஜெயித்ததற்கு பேட்ஜ் (மேப் தரும் பதக்கம்) கிடைத்ததா? கிடைத்திருந்தால் உங்கள் இன்வென்டரியில் பேட்ஜ் பகுதியில் இருக்கும். அதைத் திறந்தால் எந்த மேப்பினுடையது என்று காட்டும். மறந்துபோன மேப்பைக் கண்டுபிடிக்க இதைவிட நல்ல வழி கிடையாது.

சாவிக்கொத்து

@கண்ணாடிச்சில் இருந்தது! மேப் மூடித்தான் கிடக்கிறது, ஆனால் பெயர் கிடைத்தது. அதற்கு இரண்டு பேட்ஜ். ஒன்று என்னுடையது. இன்னொன்றின் பெயர் "அந்தப் பக்கம்". என்னுடையதைவிடக் குறைவான பேர்தான் வாங்கியிருக்கிறார்கள், ஆனால் வாங்கியிருக்கிறார்கள். ஆக வழி இருந்திருக்கிறது. எங்கே என்றுதான் தெரியவில்லை.

தாமதவரவு

விஆர் (மெய்நிகர்க் கண்ணாடி மாட்டி ஆடும்) ரூம் ஒன்றில் நண்பன் பாதியில் வந்து சேர்ந்தான். எங்களுக்கு நடுக்கதவு எப்போதோ திறந்தாயிற்று, அவனுக்கு இன்னும் பூட்டியிருக்கிறது. பின்னால் வருகிறவருக்கு இப்போதைய நிலவரத்தைச் சொல்லும்படி ரூமைச் செய்தவர் எழுதவில்லை போல. எங்கள் கண்ணுக்கு அவன் வெட்டவெளியில் நின்று காற்றைத் தட்டிக்கொண்டிருந்தான். சாவியை எடுத்துப்போய் நீட்டினோம். "கதவு வழியாக ஒரு கை மட்டும் வருது" என்று அலறினான். அதற்குப் பிறகு புதிரை யார் கவனித்தது.

நாலுபத்து

நான் ரூம் செய்கிறவர்கள் பக்கம், அதனால் என் அனுபவம் தலைகீழ். என் ரூம்களில் கண்ணுக்குத் தெரியாமல் நின்று ஆடுகிறவர்களை வேடிக்கை பார்ப்பேன். உளவு இல்லை, எங்கே திணறுகிறார்கள் என்று தெரிந்தால்தானே சரிசெய்ய முடியும்.

ஒரு ரூமில் சுவர் வெறிச்சென்று இருக்கிறதே என்று ஒரு கடிகாரம் மாட்டினேன். முள் ஓடாது, 4:10 காட்டும், அவ்வளவுதான். உள்ளே வருகிற ஒவ்வொருவரும் 410 போட்டுப் பார்க்கிறார்கள். 0410. 1610. முள்ளுக்கு நடுவே உள்ள கோணத்தைக் கணக்கிட்டுப் பார்த்த ஒருவரும் உண்டு, சாட்டில் நண்பருக்கு அதை விளக்கிக்கொண்டிருந்தார், கணக்கு சரியாகவே இருந்தது. உண்மையான துப்பு தரைவிரிப்பில் பளிச்சென்று இருக்கிறது, யாரும் குனிந்து பார்ப்பதில்லை. பாவமாக இருந்தது. அடுத்த அப்டேட்டில் கடிகாரத்தை எடுத்துவிட்டேன்.

இப்போது அது மாட்டியிருந்த ஆணியை அழுத்திக்கொண்டிருக்கிறார்கள்.

சுவரேறி

ஆணியை ஏன் விட்டுவைத்தீர்கள்? காரணமில்லாமல் ஆணி இருக்காது. கோட் போடுங்கள்.