கிரீஸ்மன் தாண்டிய அந்த 173

குழு: பெரிய வீடு (2024 ஜனவரி)

பிரவீன்: நேற்று ராத்திரி மேட்ச் யாராவது பார்த்தீர்களா? ரியாத்தில் நடந்த ஸ்பெயின் சூப்பர் கோப்பை அரையிறுதி. கிரீஸ்மன் அட்லெடிகோ மாட்ரிட்டுக்காக 174-ஆவது கோல் அடித்துவிட்டார். அந்த கிளப்பின் வரலாற்றிலேயே இதுதான் அதிகம்!

ரவி மாமா: ஜெயித்தது யார் என்பதையும் சேர்த்துச் சொல் மருமகனே. ரியல் மாட்ரிட் 5, அட்லெடிகோ 3.

பிரவீன்: கூடுதல் நேரத்தில்தானே மாமா 😤

சேகர் சித்தப்பா: பிரவீன், இவ்வளவு நாள் 173 கோலுடன் முதலிடத்தில் இருந்தது யார் என்று தெரியுமா?

பிரவீன்: லூயிஸ் அரகோனெஸ் என்று போட்டிருந்தது சித்தப்பா. 2008-இல் ஸ்பெயின் யூரோ கோப்பை ஜெயித்தபோது கோச் பெயரும் அதுதானே? ஒரே ஆளா?

சேகர் சித்தப்பா: ஒரே ஆள்தான். இன்றைக்கு எல்லோரும் கிரீஸ்மனைப் பற்றிப் பேசுவார்கள், பேசட்டும். அரகோனெஸைப் பற்றி நான் கொஞ்சம் சொல்கிறேன். பெரிய மெசேஜாகத்தான் வரும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நந்தினி அக்கா: அனுப்புங்கள் சித்தப்பா. பஸ்ஸில்தான் இருக்கிறேன்.

சேகர் சித்தப்பா: 1938-இல் பிறந்தவர். மாட்ரிட்டின் ஓரத்தில் இருக்கும் ஹோர்த்தலேசாதான் சொந்த ஊர். இளம் வயதில் ரியல் மாட்ரிட்தான் அவரைச் சேர்த்துக்கொண்டது. ஆனால் அது டி ஸ்டெஃபானோ, புஷ்காஷ் மாதிரி பெரிய நட்சத்திரங்கள் அங்கே ஆடிய காலம். முதல் அணியில் இடமே கிடைக்கவில்லை. சின்ன கிளப்புகளுக்குக் கடனாகப் போனார். அப்புறம் ஒவியேதோ, பெட்டிஸ். 1964-இல் அட்லெடிகோ. பத்து வருடம் அங்கேயே. மூன்று லீக் பட்டம், இரண்டு ஸ்பெயின் கோப்பை. 1966-இல் அட்லெடிகோ மன்சனாரெஸ் ஆற்றங்கரையில் புது மைதானம் திறந்தபோது அங்கே விழுந்த முதல் கோலே அவருடையதுதான்.

சேகர் சித்தப்பா: பெனால்டி பெட்டிக்குள்ளேயே நின்று பந்துக்குக் காத்திருக்கும் ஸ்ட்ரைக்கர் என்று நினைத்துவிடாதே. கொஞ்சம் பின்னால் இருந்து வந்து அடிப்பவர். ஃப்ரீ கிக் என்றால் எதிரணி கோல் கீப்பருக்கு நடுக்கம்தான். 1969-70 சீசனில் 16 கோல். அந்த வருடம் அதிக கோல் அடித்தவர் விருதை காராத்தே, அமான்சியோ இருவரோடும் பகிர்ந்துகொண்டார்.

அத்தை: பொங்கலுக்கு யார் யார் எந்த ரயிலில் வருகிறீர்கள்? எண்ணிக்கை தெரிந்தால்தான் அரிசி வாங்க முடியும்.

நந்தினி அக்கா: நாங்கள் மூன்று பேர் அத்தை. சனிக்கிழமை காலை.

சேகர் சித்தப்பா: நானும் சனிக்கிழமைதான்.

சேகர் சித்தப்பா: சரி, இப்போது 1974. ஐரோப்பியக் கோப்பை (கிளப்புகளுக்கானது, இன்றைய சாம்பியன்ஸ் லீக்) இறுதிப் போட்டி, பிரஸ்ஸல்ஸ், மே 15. எதிரே பேயர்ன் மியூனிக். பெக்கன்பவர், கெர்ட் முல்லர், கோலில் செப் மையர். 90 நிமிடம் கோலே இல்லை. 114-ஆவது நிமிடம் பெட்டிக்கு வெளியே ஒரு ஃப்ரீ கிக். லூயிஸ் சுவருக்கு மேலே வளைத்து அடித்தார். மையர் நின்ற இடத்தில் நின்றார். 1-0. இன்னும் ஆறே நிமிடம் தாக்குப்பிடித்தால் அட்லெடிகோ ஐரோப்பாவின் சாம்பியன்.

பிரவீன்: ஆனால் அட்லெடிகோ இதுவரை அந்தக் கோப்பையை வாங்கியதே இல்லையே?

சேகர் சித்தப்பா: 120-ஆவது நிமிடம். பேயர்னின் ஷ்வார்ட்சென்பெக். அதிகம் கோல் அடிக்காத டிஃபெண்டர். என்ன செய்வதென்று தெரியாமல் எங்கிருந்தோ ஒரு அடி அடித்தார். பந்து கோல் மூலைக்குள் போய்விட்டது. இறுதிப் போட்டிக்கு அப்போது பெனால்டி ஷூட்அவுட் கிடையாது, இரண்டு நாள் கழித்து மறுபடியும் ஆட வேண்டும். அந்த ஆட்டத்தில் பேயர்ன் 4-0 என்று ஜெயித்தது. கால்கள் ஓய்ந்துபோயிருந்தன என்பார்கள். மனம்தான் ஓய்ந்துபோயிருந்தது என்று எனக்குப் படுகிறது.

நந்தினி அக்கா: ஐயோ. அன்றைக்கு கோல் கீப்பர் யார்?

சேகர் சித்தப்பா: மிகேல் ரெய்னா. அவருடைய மகன் பெப்பே ரெய்னாதான் 2008 யூரோ அணியில் காசியாஸுக்கு மாற்று கீப்பர். அப்பாவோடு சேர்ந்து ஆடித் தோற்றவர், மகனோடு சேர்ந்து கோப்பை வாங்கினார்.

பிரவீன்: இது எனக்குத் தெரியவே தெரியாது சித்தப்பா!

சேகர் சித்தப்பா: அதே வருடம் நவம்பரில் கிளப் தன் கோச்சை நீக்கியது. தலைவர் விசென்தே கால்தெரோன் லூயிஸைக் கூப்பிட்டு அணியை ஒப்படைத்தார். வயது 36. நேற்றுவரை கூட ஆடியவர்களுக்கு இன்று அவர் கோச். அதுவரை பெயர் சொல்லிக் கூப்பிட்ட நண்பர்களிடம், இனிமேல் மரியாதையாக அழைக்க வேண்டும் என்று சொல்லிவிட்டாராம்.

ரவி மாமா: அது சரியான முடிவு. ஆபீஸிலும் அப்படித்தான், முதல் நாள் விட்டால் விட்டதுதான்.

சேகர் சித்தப்பா: ஐரோப்பிய சாம்பியனும் தென் அமெரிக்க சாம்பியனும் மோதும் கண்டங்களுக்கு இடையேயான கோப்பையில் ஆட பேயர்ன் மறுத்ததால் அந்த இடம் அட்லெடிகோவுக்கு வந்தது. 1975-இல் அர்ஜென்டினாவின் இண்டிபெண்டியென்டேயிடம் அங்கே போய் 0-1 தோல்வி, மாட்ரிட்டில் 2-0 வெற்றி. ஐரோப்பியக் கோப்பை வாங்காமலேயே அந்தக் கோப்பையை வாங்கிய ஒரே கிளப். 1977-இல் லீக் பட்டமும் வந்தது.

சேகர் சித்தப்பா: அதற்குப் பிறகு நிறைய கிளப்புகள். பெட்டிஸ், பார்சிலோனா, எஸ்பான்யோல், செவியா, வலென்சியா, ஒவியேதோ, மயோர்கா, நடுநடுவே திரும்பத் திரும்ப அட்லெடிகோ. ஸ்பெயின் முதல் டிவிஷனில் மட்டும் கோச்சாக 757 ஆட்டங்கள். பார்சிலோனாவில் இருந்தது ஒரே சீசன்தான். ஆனால் 1988-இல் வரிப் பிரச்சினையில் வீரர்கள் கிளப் தலைவர் நூன்யெஸ் பதவி விலக வேண்டும் என்று ஹோட்டலில் கூடி அறிக்கை வாசித்தபோது, வேலை போனாலும் பரவாயில்லை என்று அவர்களோடு சேர்ந்து உட்கார்ந்தார். அந்த ஒரு காரணத்துக்காகவே அவரைப் பிடிக்கும் எனக்கு.

ரவி மாமா: 1992 கோப்பை இறுதிப் போட்டியை விட்டுவிட்டாயே மச்சான். எங்கள் ரியல் மாட்ரிட்டின் மைதானம் பெர்னபேவிலேயே வந்து அட்லெடிகோ 2-0. ஷூஸ்டர், ஃபுட்ரே. நான் மறைக்கவில்லை.

சேகர் சித்தப்பா: நீங்களே சொல்வீர்கள் என்று விட்டுவைத்தேன் மச்சான் 🙏

ரவி மாமா: ஆனால் ஒன்று, எங்கள் ரியல் மாட்ரிட்டின் ராவுலை ஸ்பெயின் அணியிலிருந்து எடுத்ததை நான் இன்றுவரை ஏற்கவில்லை. நாட்டுக்காக 44 கோல் அடித்தவன். 2006-இல் வட அயர்லாந்திடம் 3-2 தோற்றார்கள் என்று அவன் ஒருவனைப் பலி கொடுத்தார். ஒரு வழியனுப்பு ஆட்டமாவது கொடுத்திருக்கலாம்.

சேகர் சித்தப்பா: மரியாதையாக வழியனுப்பியிருக்கலாம், அதை ஒப்புக்கொள்கிறேன். முடிவு சரியானது என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. மாட்ரிட் பத்திரிகைகள் ராவுல் எங்கே என்று ஒன்றரை வருடம் கேட்டுக்கொண்டே இருந்தன. இவர் அசையவில்லை. இவர் நம்பியது சாவி, இனியெஸ்டா, டாவிட் சில்வா, காசோர்லாவை. ஒருவரும் 1.75 மீட்டரைத் தொடாதவர்கள். ஸ்பெயின் அதுவரை ஆவேசத்தையும் உடல் பலத்தையும் நம்பி ஆடிய அணி. நம் ஆட்களுக்கு அந்த உடம்பு இல்லை, பந்து நம்மிடமே இருந்தால் எதிரிக்கு உடம்பு இருந்து என்ன பயன் என்று யோசித்தவர் இவர்.

பிரவீன்: அது குவார்டியோலா கொண்டுவந்தது இல்லையா?

சேகர் சித்தப்பா: எல்லோரும் அப்படித்தான் நினைக்கிறார்கள். தேதியைப் பார். டென்மார்க்கின் ஆர்ஹுஸில் ஸ்பெயின் இப்படி ஆடி 3-1 ஜெயித்தது அக்டோபர் 2007. குவார்டியோலா பார்சிலோனா முதல் அணிக்கு கோச்சாக வந்தது 2008 கோடையில். பார்சிலோனாவில் பழைய கோச் க்ரைஃப் விதைத்தது இருந்தது, உண்மை. ஆனால் தேசிய அணியில் அதைத் துணிந்து செய்தவர் அரகோனெஸ். 2010 உலகக் கோப்பை அடுத்த கோச் டெல் போஸ்கே கையில் வந்தபோது அணியின் முதுகெலும்பு ஏற்கனவே தயாராக இருந்தது.

நந்தினி அக்கா: ஒன்று கேட்கட்டுமா சித்தப்பா? பிரான்ஸின் கறுப்பின வீரர் தியரி ஆன்ரியைப் பற்றி நிறவெறியோடு பேசியவர் இவர்தானே?

சேகர் சித்தப்பா: இவர்தான். 2004 அக்டோபர். ஸ்பெயின் அணிப் பயிற்சியில், ஆன்ரியோடு ஆர்சனலில் ஆடிய ரெயெஸை உசுப்பேற்றுவதாக நினைத்துச் சொன்னார், டிவி கேமராவில் பதிவானது. ஸ்பெயின் கால்பந்துக் கூட்டமைப்பு 3,000 யூரோ அபராதம் போட்டது. அது ஒன்றுமே இல்லாத தண்டனை.

நந்தினி அக்கா: அடுத்த மாதமே பெர்னபேவில் இங்கிலாந்தின் கறுப்பின வீரர்களைப் பார்த்துக் கூட்டம் குரங்கு போலச் சத்தம் எழுப்பியது. ஒரு தேசிய கோச் பேசினால் அது காலரி வரைக்கும் போகும். பெரிய ஆள் என்று சொல்லும்போது இதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

சேகர் சித்தப்பா: சரிதான் நந்தினி. 2008-இல் கோப்பை வாங்கியது இதை அழித்துவிடாது.

ரவி மாமா: 2006 உலகக் கோப்பையில் அதே ஆன்ரியின் பிரான்ஸ்தான் 3-1 என்று வீட்டுக்கு அனுப்பியது.

பிரவீன்: 2008 இறுதிப் போட்டியில் ஜெர்மனிக்கு எதிராக டோரெஸ் அடித்த கோலைப் பார்த்திருக்கிறேன். டிஃபெண்டர் லாமைத் தாண்டி ஓடி, கீப்பர் லெமனுக்கு மேலே தூக்கிவிடுவார்.

சேகர் சித்தப்பா: அட்லெடிகோ இரண்டாம் டிவிஷனில் கிடந்தபோது 2001-இல் கைதூக்கிவிட வந்தவர் லூயிஸ். அப்போது டோரெஸ் 17 வயதுப் பையன். திட்டித் திட்டி வளர்த்தார். மறுவருடம் அணி மேலே வந்துவிட்டது. அந்தப் பையன்தான் வியன்னாவில் 33-ஆவது நிமிடம் அடித்தான். 44 வருடம் கழித்து ஸ்பெயினுக்கு ஒரு கோப்பை. லூயிஸுக்கு அன்று 69 முடிந்து 70 ஆக ஒரு மாதம்தான் பாக்கி. பின்னாளில் டோரெஸும் அட்லெடிகோவின் இளையோர் அணிக்கு கோச் ஆனார்.

பிரவீன்: அரகோனெஸ் எப்போது இறந்தார்?

சேகர் சித்தப்பா: 2014 பிப்ரவரி 1. மறுநாள் அட்லெடிகோ ரியல் சோசியெதாதை 4-0 என்று ஜெயித்து லீக்கில் முதலிடத்துக்குப் போனது. முதல் கோல் டாவிட் வியா, 2008 யூரோவில் அதிக கோல் அடித்தவர். மே மாதம் லீக் பட்டமும் வந்தது. அடுத்த வாரம் லிஸ்பனில் ரியல் மாட்ரிட்டோடு சாம்பியன்ஸ் லீக் இறுதி.

ரவி மாமா: 93-ஆவது நிமிடம். ராமோஸ். தலையால்.

சேகர் சித்தப்பா: ஆமாம் மச்சான். 40 வருடம் கழித்து, மறுபடியும் கடைசி நிமிடம், மறுபடியும் ஒரு டிஃபெண்டர், மறுபடியும் எதிரணிக்கு நாலு கோல். அதைப் பார்க்க லூயிஸ் இல்லாமல் போனதே நல்லது என்று அன்று தோன்றியது.

ரவி மாமா: அன்றைக்கு நீ போனை எடுக்கவே இல்லை. நானும் அதற்குமேல் கூப்பிடவில்லை.

பிரவீன்: சித்தப்பா, 1974 மேட்ச்சை முழுதாகப் பார்க்கலாமா?

சேகர் சித்தப்பா: அதைச் சனிக்கிழமை சேர்ந்து பார்க்கலாம். நீ முதலில் ஆர்ஹுஸ் ஆட்டத்தைத் தேடிப் பார். ராமோஸ் கோலுக்கு முன்னால் பந்து எத்தனை கால் மாறுகிறது என்று கவனி.

அத்தை: பிரவீன், நீ எந்த ரயில் என்று இன்னும் சொல்லவில்லை.

பிரவீன்: வெள்ளி ராத்திரி ரயில் அத்தை, சனி காலை வந்துவிடுவேன். சித்தப்பா, ஆர்ஹுஸ் கிடைத்துவிட்டது. எண்ண ஆரம்பித்துவிட்டேன்.