ட்ரூ வந்தா ராம்ப் ஏறிடுச்சுன்னு யார் சொன்னது?

முப்பட்டகம்:
விண்டோஸ் மானிட்டர் காலிபரேஷனுக்கு, அதாவது திரை நிறத்தை அளந்து சரிசெய்வதற்கு, நிரல்வண்டி ஒரு லைப்ரரி (மற்ற மென்பொருள்கள் எடுத்துப் பயன்படுத்தும் நிரல் தொகுப்பு) எழுதியிருக்கிறார். அதன் விளக்கக் குறிப்பில் ஒரு வரி: "செட்டிவைஸ்காமாராம்ப் ட்ரூ திருப்பினால் ராம்ப் கார்டில் ஏறிவிட்டது, மேற்கொண்டு சரிபார்க்க வேண்டியதில்லை."

ராம்ப் என்பது சிவப்பு, பச்சை, நீல அளவுகளை மாற்றித் தரும் அட்டவணை, அதை கிராஃபிக்ஸ் கார்டில் போடும் விண்டோஸ் ஃபங்ஷன்தான் செட்டிவைஸ்காமாராம்ப். அந்த வரி தவறு. மைக்ரோசாஃப்ட் ஆவணத்தில் அந்த ஃபங்ஷனுக்கான பக்கத்திலேயே எழுதியிருக்கிறது. கொடுத்த ராம்ப் திரையைப் படிக்க முடியாதபடி ஆக்கிவிடும் என்று அதன் உள்சோதனைக்குப் பட்டால், ஃபங்ஷன் ட்ரூ என்றே திருப்பும், ராம்ப்பை மட்டும் போடாது. இதை நம்பி நாலு பேர் தங்கள் மென்பொருளில் "காலிபரேஷன் முடிந்தது" என்று பச்சை டிக் போடுவார்கள். அந்த வரியை எடுங்கள்.

நிரல்வண்டி:
ஆவணம் படிக்கத் தெரியாதவனா நான்? அந்த உள்சோதனை முழுத்திரையும் கறுப்பாவோ வெள்ளையாவோ போற ராம்ப்பைத் தடுக்கத்தான் இருக்கு. 6500 கெல்வின் வெள்ளை, காமா (கறுப்பிலிருந்து வெள்ளைக்கு வெளிச்சம் ஏறும் விதம்) 2.2-க்கு வர்ற கர்வ் நேர்கோட்டைவிட்டு அவ்வளவு தூரம் விலகாது. வரம்பு மீறினா ஃபால்ஸ் வரும், அப்போ யூசருக்கு எரர் காட்டுறேன்.

வரம்பைத் தளர்த்தணும்னா ரெஜிஸ்ட்ரில (விண்டோஸ் அமைப்புகளைச் சேமிக்கிற இடம்) ஹெச்கேஎல்எம், சாஃப்ட்வேர், மைக்ரோசாஃப்ட், விண்டோஸ் என்டி, கரன்ட்வெர்ஷன், ஐசிஎம். அங்கே ஜிடிஐஐசிஎம்காமாரேஞ்ச்னு ஒரு டிவேர்ட் (32 பிட் எண்), மதிப்பு 256. ரீஸ்டார்ட் பண்ணணும். இது கூடத் தெரியாம பதிவு போட வந்துட்டீங்களா?

முப்பட்டகம்:
ஃபால்ஸ் வந்தால் என்ன செய்வது என்று யாரும் கேட்கவில்லை. ட்ரூ வந்தால் என்ன அர்த்தம் என்பதுதான் கேள்வி.

உள்சோதனையை விடுங்கள். அந்த ராம்ப் கணினி முழுவதற்கும் பொதுவானது. எந்த நிரலும் எந்த நேரமும் மேலெழுதலாம், சில சமயம் இயங்குதளமே மேலெழுதும். இன்னொரு மானிட்டரைச் செருகினாலோ பிடுங்கினாலோ, ரெசல்யூஷன் மாற்றினாலோ ராம்ப் பழைய நிலைக்குப் போய்விடும். ஹெச்டிஆர் (அதிக வெளிச்ச வேறுபாடு காட்டும் திரை முறை) போட்டிருந்தால் என்ன ஆகும் என்பதற்கு வரையறையே இல்லை. இந்தக் காரணங்களையெல்லாம் சொல்லித்தான் இந்த ஃபங்ஷனையே தவிர்க்கச் சொல்கிறார்கள். ஐசிசி ப்ரொஃபைல் (திரையின் நிறத்தன்மையை விவரிக்கும் கோப்பு) செய்து கொடுங்கள், போடுவதை இயங்குதளம் பார்த்துக்கொள்ளும் என்பதுதான் பரிந்துரை.

ரெஜிஸ்ட்ரி விஷயமும் சேர்த்து. அது மொத்த இயந்திரத்துக்குமான அமைப்பு, எழுத அட்மின் உரிமை வேண்டும். ஒரு லைப்ரரி சத்தமில்லாமல் அதை மாற்றுவது முறையல்ல.

நிரல்வண்டி:
சத்தமில்லாம மாத்துறேன்னு எங்கே பார்த்தீங்க? யூசர்கிட்ட கேட்டுட்டுத்தான்.

ஏறுதா இல்லையான்னு பேசிப் பேசி என்ன பயன், ரெண்டு ஸ்கிரீன்ஷாட் இணைச்சிருக்கேன். முதல்ல ராம்ப் இல்லாம, ரெண்டாவது நீலத்தைப் பாதியாக்கின ராம்ப்போட. கூடவே கெட்டிவைஸ்காமாராம்ப்ல திரும்பப் படிச்சு 1536 பைட்டையும் ஒப்பிட்டேன், ஒண்ணுக்கு ஒண்ணு பொருந்துது. இதுக்கு மேல என்ன சான்று வேணும்?

ஒளிமானி:
ஸ்கிரீன்ஷாட்டா? காமா ராம்ப் வேலை செய்யிறது ஃப்ரேம்பஃபருக்கு (திரைக்குப் போக வேண்டிய பிக்சல்கள் இருக்கிற நினைவகம்) அப்புறம், பிக்சல் கேபிளுக்குப் போற கடைசிக் கட்டத்துல. ஸ்கிரீன்ஷாட் எடுக்கிறது அதுக்கு முன்னாடி இருக்கிற பிக்சலை. ராம்ப் ஏறியிருந்தாலும் ஏறலைன்னாலும் ரெண்டு படமும் ஒண்ணாத்தான் இருக்கும். உங்க ரெண்டு படத்தையும் கழிச்சுப் பாருங்க, எல்லா பிக்சலும் சுழியம். காலிபரேஷன் லைப்ரரி எழுதுறவருக்கு இது தெரியலைங்கிறது எனக்கு உண்மையிலேயே கவலையா இருக்கு.

திரைமேல நிறம் அளக்கிற மீட்டரை ஒட்டி அளக்கிறதுதான் சான்று. மானிட்டரை அரை மணி நேரம் சூடாக விடுங்க. ஆர்கில்சிஎம்எஸ்ங்கிற காலிபரேஷன் தொகுப்போட டிஸ்ப்கால் நிரல்ல சின்ன -ஆர் போட்டா இப்ப ஏறியிருக்கிற ராம்ப்போட அறிக்கை வரும், பெரிய -ஆர் போட்டா ராம்ப் இல்லாத நிலை. ரெண்டுக்கும் வெள்ளைப்புள்ளி (திரை காட்டுற வெள்ளையோட நிறம்) வேற வேறயா இருந்தா ராம்ப் ஏறியிருக்கு.

முப்பட்டகம்:
ஒளிமானி சொன்னது சரி. திரும்பப் படித்து ஒப்பிடுவதும் அதே கதைதான். கெட்டிவைஸ்காமாராம்ப் இயங்குதளத்திடம் கேட்கிறது, பேனலிடம் அல்ல. கொடுத்ததையே திருப்பிச் சொல்லும்.

ஒளிமானி:
நீங்க ரொம்ப சந்தோஷப்பட வேண்டாம். நீங்க எப்பவும் தூக்கிப் பிடிக்கிற டிஸ்ப்வின்ல (அதே தொகுப்புல ராம்ப்பை ஏத்துற நிரல்) பெரிய -வி போட்டுச் சரிபார்க்கிறதும் இதே வழியாத்தான் படிக்குது. போன இழையில அதையே முடிவான சோதனைன்னு எழுதினீங்க.

முப்பட்டகம்:
முடிவான சோதனை என்று எழுதவில்லை, முதல் சோதனை என்று எழுதினேன். இன்னொரு நிரல் மேலெழுதியிருந்தால் அதைப் பிடிக்க டிஸ்ப்வின் போதும். ட்ரூவை மட்டும் நம்புகிறவருக்கு அதுவும் இல்லை.

கடைசிபிட்:
ட்ரூ, ட்ரூன்னு அடிச்சுக்கிறீங்க. அவரோட கோட்ல இருக்கிற நேர்கோட்டு ராம்ப்பை (எதையும் மாத்தாத ராம்ப்) யாராவது பார்த்தீங்களா? i × 256, i-ன்னா இட எண். நான் இதை ரெண்டு மாசமா சொல்றேன்.

256 இடங்கள், ஒவ்வொண்ணும் 16 பிட். 255-வது இடத்துல 65535 வரணும், அதனால பெருக்கு எண் 257. 256-ஆல பெருக்கினா உச்சம் 65280-லயே நின்னுடும். 8 பிட் லட் (கார்டுக்குள்ள ராம்ப் உட்கார்ற அட்டவணை) உள்ள கார்டுல மேல் 8 பிட் மட்டும் போறதால தப்பு மறைஞ்சுபோகும். 10 பிட் லட்ல 65280-ஐ 64-ஆல வகுத்தா 1020. வர வேண்டியது 1023. "ரீசெட்" பட்டனை அழுத்தினா வெள்ளை மங்குது, இதுதான் இவர் லைப்ரரி.

நிரல்வண்டி:
மதிப்பை மேல் பிட்டுகள்ல வைக்கணும்னுதான் ஆவணம் சொல்லுது. i × 256 அதைத்தான் செய்யுது. 1023-க்கு 1020, இந்த மூணு படி யார் கண்ணுக்குத் தெரியும்?

கடைசிபிட்:
மேல் பிட்ல வைன்னா கீழ்பிட்டைச் சுழியமா விடுன்னு அர்த்தமில்லை. கண்ணுக்குத் தெரியாதுன்னா அப்புறம் காலிபரேஷன் எதுக்கு?

முப்பட்டகம்:
257 சரி, ஆனால் அது சின்ன விஷயம். ஒரு வரியில் திருத்திவிடலாம். ட்ரூ பிரச்சினை வடிவமைப்பிலேயே இருக்கிறது.

ட்ரூவைப் பார்த்துவிட்டு இந்த லைப்ரரி வெளியேறிவிடுகிறது. பின்னணியில் யாரும் காவல் இல்லை. டிஸ்ப்ளேகால் என்ற காலிபரேஷன் மென்பொருள் ஏன் தனியாக ஒரு ப்ரொஃபைல் லோடரை டாஸ்க்பாரில் உட்கார வைத்திருக்கிறது? மேலெழுதப்பட்டதா என்று பார்த்து மறுபடி போடத்தான். குறைந்தபட்சம் திரை மாற்றத்துக்கான டபிள்யூஎம் டிஸ்ப்ளேசேஞ்ச் செய்தியையும், கணினி உறக்கத்திலிருந்து எழும் செய்தியையும் கேட்டு ராம்ப்பை மறுபடி போடுங்கள்.

இன்னொன்று. விண்டோஸ் 7 முதல் இயங்குதளத்துக்கே ஒரு லோடர் உண்டு. டாஸ்க் ஷெட்யூலரில் விண்டோஸ்கலர்சிஸ்டம் என்ற கோப்புறையில் காலிபரேஷன் லோடர் என்று இருக்கும். அது ஐசிசி ப்ரொஃபைலின் விசிஜிடி டேகை (ராம்ப் சேமித்திருக்கும் பகுதி) எடுத்து, லாகின் ஆனதும் போடும். நீங்கள் ஒரு ராம்ப், அது ஒரு ராம்ப். யார் கடைசியில் போட்டாரோ அவர் வென்றார். ட்ரூ இருவருக்குமே வரும்.

நிரல்வண்டி:
நீங்களேதான் மேல "ப்ரொஃபைல் செய்து இயங்குதளத்திடம் கொடுங்கள்"னு எழுதினீங்க. இப்போ இயங்குதளத்தோட லோடரே எதிரியா?

முப்பட்டகம்:
எதிரி என்று சொல்லவில்லை. இரண்டு பேரும் ஒரே நேரத்தில் ஸ்டியரிங்கைப் பிடிக்காதீர்கள் என்கிறேன். டபிள்யூசிஎஸ்செட்காலிபரேஷன்மேனேஜ்மென்ட்ஸ்டேட் என்று எம்எஸ்சிஎம்எஸ் என்ற விண்டோஸ் டிஎல்எல் கோப்பில் ஒரு ஃபங்ஷன் இருக்கிறது, அட்மின் உரிமையோடு அழைக்க வேண்டும். இயங்குதளம் பார்த்துக்கொள்ளட்டும் என்றால் ஆன், நீங்களே பார்ப்பதென்றால் ஆஃப். உங்கள் கோடில் அந்தப் பெயரே இல்லை.

ஒளிமானி:
ஆன் பண்ணச் சொல்றவங்க இதையும் சொல்லணும். அந்த லோடர் ராம்ப்பை 8 பிட்டுக்குக் குறைச்சுத்தான் போடுது. கருமையான சாம்பல் பட்டைகள்ல இது படி படியாத் தெரியும். டிஸ்ப்ளேகால் லோடர் 16 பிட் மதிப்பை அப்படியே தருது. கார்டு எத்தனை பிட் எடுத்துக்குதுங்கிறது டிஸ்ப்கால் தர்ற அறிக்கையிலேயே இருக்கு.

கடைசிபிட்:
8 பிட் மட்டுமில்லை, ஸ்கேலிங்கும் தப்பு. நான் சொன்ன அதே விஷயம்தான். சின்ன விஷயமாம்.

சாம்பல்18:
ராம்ப்பை வச்சே எல்லாத்தையும் சரிசெய்யப் பார்க்கிறதுதான் முதல் தப்பு. நீலத்தை 20 சதவீதம் குறைக்கணும்னு ராம்ப்ல குறைச்சா, 8 பிட் பாதையில 256 படிக்கு 205-தான் மிஞ்சும். முதல்ல டிடிசி/சிஐ (கேபிள் மூலமா மானிட்டர் அமைப்பை மாத்துற முறை) வழியா மானிட்டரோட கெயினை, அதாவது ஒவ்வொரு நிறத்தோட பலத்தை, மாத்துங்க.

டிஎக்ஸ்விஏ2 டிஎல்எல்ல ஹெச்மானிட்டர்லேர்ந்து பிசிக்கல் மானிட்டர் ஹேண்டிலை எடுத்து, செட்விசிபிஃபீச்சர் கூப்பிடுங்க. அதுக்குக் குறியீட்டு எண்கள்: வெளிச்சம் 10, கான்ட்ராஸ்ட் 12, சிவப்பு, பச்சை, நீலக் கெயின் 16, 18, 1ஏ, எல்லாம் ஹெக்ஸ்ல. ஒவ்வொரு அழைப்புக்கும் சுமார் 50 மில்லிசெகண்ட் ஆகும், அதனால யூஐ த்ரெட்ல வேண்டாம். முடிஞ்சதும் டெஸ்ட்ராய்பிசிக்கல்மானிட்டர்ஸ். ஸ்லைடர் நகர்றப்போ எல்லாம் சேவ்கரன்ட்மானிட்டர்செட்டிங்ஸ் கூப்பிடாதீங்க, அது மானிட்டரோட நிலையான நினைவகத்துல எழுதுது. மானிட்டர் மெனுவுல டிடிசி/சிஐ அணைஞ்சிருந்தா ஒண்ணும் நடக்காது. சில டாக், அடாப்டர் அந்த சிக்னலைக் கடத்தவே கடத்தாது.

இன்னொரு கேள்வி நிரல்வண்டிக்கு. உங்க லைப்ரரி மீட்டரைப் படிக்கிற பகுதி ஆர்கில்சிஎம்எஸ்லேர்ந்து எடுத்ததுபோல இருக்கே. அது ஏஜிபிஎல் (சோர்ஸையும் கொடுத்தாகணும்ங்கிற உரிமம்) ஆச்சே, சோர்ஸ் எங்கே?

நிரல்வண்டி:
எடுக்கலை. ஸ்பாட்ரீடை (அந்தத் தொகுப்புல மீட்டரைப் படிக்கிற நிரல்) தனி ப்ராசஸா ஓட்டி அவுட்புட்டைப் படிக்கிறேன். பெயர் கெடுக்கிறதுக்கு முன்னாடி கோடைத் திறந்து பாருங்க.

சாம்பல்18:
அப்படின்னா அந்த ஈஎக்ஸ்இ-யை உங்க இன்ஸ்டாலர்ல வச்சு அனுப்புறப்போ உரிமப் பத்திரமும் சோர்ஸுக்கான வழியும் கூடப் போகணும். ரெண்டுமே இல்லை, திறந்து பார்த்துட்டுத்தான் கேட்கிறேன்.

முப்பட்டகம்:
உரிமத்துக்குத் தனி இழை திறங்கள். இங்கே ட்ரூ.

விண்டோஸ் 10-இன் 2004 பதிப்பிலிருந்து வேறு வழியும் இருக்கிறது. எம்ஹெச்சி2 என்ற டேக் உள்ள ஐசிசி ப்ரொஃபைல். ஒரு மேட்ரிக்ஸ், நிறத்துக்கு ஒரு லட், அதில் 4096 இடம் வரை வைக்கலாம். கலர்ப்ரொஃபைல்ஆட்டிஸ்ப்ளேஅசோசியேஷன் என்று அழைத்தால் இயங்குதளமே வன்பொருளில் போடும், ஹெச்டிஆரிலும் வேலை செய்யும். கார்டும் டிரைவரும் துணை செய்ய வேண்டும், அவ்வளவுதான். இதை வைத்துக்கொண்டு 256 இட ராம்ப்பையும் அதன் ட்ரூவையும் ஏன் கட்டிக்கொண்டு அழ வேண்டும்?

நிரல்வண்டி:
பழைய கார்டு வச்சிருக்கிறவங்க எங்கே போவாங்க? எல்லாருக்கும் ஓடுறது செட்டிவைஸ்காமாராம்ப்தான். கெட்டிவைஸ்கேப்ஸ்ல சிஎம் காமா ராம்ப் பிட் (கார்டு ராம்ப்பை ஏத்துக்கும்னு சொல்றது) இருக்கான்னு பார்க்கிறேன், அப்புறம் போடுறேன், ட்ரூ வருது. இத்தனை பேர் பயன்படுத்துறாங்க, ஒருத்தரும் ராம்ப் ஏறலைன்னு புகார் சொல்லலை.

ஒளிமானி:
மீட்டர் வச்சு அளக்காதவங்க எப்படிப் புகார் சொல்லுவாங்க? வைட் கேமட் (அதிக நிற வீச்சு உள்ள) எல்இடி பேனல்ல சிசிஎஸ்எஸ் திருத்தக் கோப்பு போடாம ஃபில்டர் மீட்டரை வச்சு அளந்தாலும் வெள்ளைப்புள்ளி தப்பாத்தான் வரும். உங்க லைப்ரரில அதுக்கு ஒரு ஆர்க்யுமென்ட் கூட இல்லை.

நிரல்வண்டி:
அது வேற விஷயம். ராம்ப் ஏறுதா இல்லையாங்கிறதுதான் இங்கே பேச்சு. ஏறுது.

முப்பட்டகம்:
எதைப் பார்த்து ஏறுகிறது என்கிறீர்கள்?

நிரல்வண்டி:
ட்ரூ வருது.

கடைசிபிட்:
65280-க்கு இன்னும் பதில் வரலை.

நிரல்வண்டி:
அடுத்த பதிப்புல 257 போட்டுடுறேன், போதுமா? குறிப்புல இருக்கிற வரி அப்படியே இருக்கும்.

முப்பட்டகம்:
அப்படியென்றால் அந்த வரிக்குக் கீழே ஆவணத்தின் எச்சரிக்கையையும் சேர்த்துப் போடுங்கள். நாளை மாலைக்குள் வரவில்லை என்றால் உங்கள் ரெப்பாசிட்டரியில் நானே இஷ்யூ (பிழைப் புகார்) திறக்கிறேன். நீலத்தைப் பாதியாக்கும் ராம்ப், ஹெச்டிஆர் ஆன், மீட்டர் அளவு, ட்ரூ. நான்கையும் வரிசையாகப் போட்டு.

நிரல்வண்டி:
திறங்க. மூடுறது என் கையிலதான் இருக்கு.