எந்த ஊர் ஐரிஷ்? படித்தவர்களும் பாதியில் விட்டவர்களும் எழுதுங்கள்

கால்வேயிலிருந்து:

அயர்லாந்தில் இருந்துகொண்டு ஐரிஷ் மொழி கற்றவர்கள், கற்கப் போய் ஓடிவந்தவர்கள், பிள்ளைகளின் வீட்டுப்பாடத்தில் மாட்டிக்கொண்டவர்கள் எல்லோரும் உங்கள் கதையைச் சொல்லுங்கள். முதலில் என் கதை.

டப்ளினில் இருந்தபோது டுவோலிங்கோ என்ற மொழி கற்கும் செயலியில் எட்டு மாதம் விடாமல் படித்தேன். பிறகு வேலை மாறி கால்வேக்கு வந்தேன். மேற்கே கொஞ்ச தூரம் பஸ்ஸில் போனால் கோனமாரா. ஐரிஷ் இன்னும் வீட்டில் புழங்கும் பகுதி. இப்படிப்பட்ட பகுதிகளைக் கேல்தாக்ட் என்பார்கள். முதல் சனிக்கிழமையே கிளம்பிவிட்டேன். ஒரு கடையில் நுழைந்து, மனப்பாடமாக வைத்திருந்த 'கொனஸ் அத்தா தூ', அதாவது 'எப்படி இருக்கிறீர்கள்' என்பதை எடுத்துவிட்டேன். கல்லாவில் இருந்த அம்மா சிரித்துக்கொண்டே 'கே ஹீ வில் தூ' என்றார். ஒரு எழுத்துகூடப் பிடிபடவில்லை. என் முகத்தைப் பார்த்ததும் ஆங்கிலத்துக்கு மாறிவிட்டார். அவர் கேட்டதும் அதே 'எப்படி இருக்கிறீர்கள்'தான் என்பது வீட்டுக்கு வந்து தேடியபோதுதான் தெரிந்தது. நான் தெற்கத்தி வழக்கில் கேட்டிருக்கிறேன், அவர் மேற்கத்தி வழக்கில் திருப்பிக் கேட்டிருக்கிறார். வடக்கே டோனிகலுக்குப் போனால் அதுவே 'கஜே மர் அத்தா தூ'.

உருளைக்கிழங்கிலேயே இந்தக் கூத்து உண்டு. தெற்கே மன்ஸ்டரில் ப்ராத்தா, மேற்கே கொனாக்டில் ஃபாத்தா, வடக்கே அல்ஸ்டரில் ப்ரேத்தா. அட, மொழியின் பெயரே ஊருக்கு ஊர் மாறுகிறது: கேல்கெ, கேலிங், கேலிக். பாடநூல்களில் இருப்பது 1958இல் அரசு வெளியிட்ட பொது எழுத்து வழக்கு. அதைத் தாய்மொழியாகப் பேசும் ஊர் என்று ஒன்று கிடையாது. பாடப்புத்தகத் தமிழை மட்டும் படித்துவிட்டு ஒருவர் திருநெல்வேலியில் டீ குடிக்கப் போனது மாதிரிதான் என் நிலைமை.

அப்புறம் ஒரு மாலை வகுப்பில் சேர்ந்தேன். முதல் நாள் ஆசிரியர் கேட்ட கேள்வி: "யாரோடு பேசப் போகிறாய்?" பதிலை வைத்துத்தான் எந்த வழக்கு என்று முடிவு செய்ய வேண்டும் என்றார். கோனமாரா என்றேன். ஆனால் ரகசியமாக எனக்கு மன்ஸ்டர் வழக்கின் மேல் ஒரு மயக்கம். மற்றவர்கள் 'தா மே' என்று இரண்டு சொல்லாகச் சொல்வதை அவர்கள் 'தாயிம்' என்று ஒரே சொல்லில் முடிப்பார்கள். நம் 'இருக்கிறேன்' மாதிரி, 'நான்' வினையின் வாலிலேயே உட்கார்ந்திருக்கும். 'இருந்தேன்' என்பது வடக்கிலும் மேற்கிலும் 'வீ மே', மன்ஸ்டரில் 'வீஸ்'. வகுப்பில் ஆங்கிலம் மட்டும் தெரிந்தவர்கள் இதற்குத் திணறினார்கள். எனக்கு வீட்டுக்கு வந்த மாதிரி இருந்தது.

கார்க்கிலிருந்து:

நான் படிக்கவில்லை, படிக்க வைக்கப்பட்டேன். மகளுக்கு எட்டு வயதில் இங்கே வந்தோம். பன்னிரண்டு வயதுக்கு மேல் வந்து சேரும் பிள்ளைகளுக்கு ஐரிஷ் பாடத்திலிருந்து விலக்குக் கேட்கலாம். இவளுக்கு அந்தப் பேச்சே இல்லை. முதல் வாரமே ஒரு நீண்ட வாக்கியத்தோடு வந்தாள்: 'அன் வில் கேட் அகம் துல் கோ டீ அன் லெஹ்ரஸ்?' கழிப்பறைக்குப் போகலாமா என்று அனுமதி கேட்பது. பக்கத்து வீட்டு ஐரிஷ்காரரிடம் சொன்னேன். விழுந்து விழுந்து சிரித்தார். பள்ளியில் பதிமூன்று, பதினான்கு வருடம் ஐரிஷ் படித்தவராம். பிசகாமல் நினைவில் நிற்பது இந்த ஒரு வாக்கியம்தானாம்.

அதற்குள் இருக்கும் 'அகம்' என்றால் 'என்னிடம்'. 'என்னிடம் அனுமதி இருக்கிறதா' என்றுதான் கேட்கிறார்கள். 'எனக்கு உண்டு', 'என்னிடம் இருக்கிறது' என்று சொல்லிப் பழகிய நமக்கு இதில் விளக்க ஒன்றுமே இல்லை. எண்களும் அப்படித்தான். ஆட்களை எண்ணத் தனிச் சொற்கள்: பெர்ட், ட்ரூர், கியாஹ்ரர். ஆசிரியை தயங்கித் தயங்கி விளக்கினாராம். மகள் வீட்டில் வந்து "அம்மா, இருவர், மூவர், நால்வர்" என்றாள், அவ்வளவுதான்.

ஆனால் சொல்லின் தலையே மாறுவதுதான் என்னைக் கொன்றது. படகு 'பாட்'. 'என் படகு' என்றால் 'வாட்', 'எங்கள் படகு' என்றால் 'மாட்'. எழுதும்போது பழைய எழுத்தையும் விடாமல் முன்னால் ஒன்றைச் சேர்ப்பார்கள், அல்லது பின்னால் ஒரு 'ஹெச்' போடுவார்கள். பழைய ஐரிஷ் அச்செழுத்தில் அந்த ஹெச் கிடையாது, மெய்யெழுத்தின் தலையில் ஒரு புள்ளி வைத்தால் போதும். நம் மெய்யெழுத்து மாதிரியே! 1960களில் பள்ளிப் புத்தகங்களை ரோமன் எழுத்துக்கு மாற்றியபோது அந்தப் புள்ளி போய்விட்டது. எனக்கு அதில் ஒரு சின்ன வருத்தம் உண்டு.

டோனிகலிலிருந்து:

நான் நர்ஸ். எங்கள் வார்டில் ஞாபகமறதி நோயுள்ள ஒரு பெரியவர் இருந்தார். சாயங்காலம் ஆனால் ஆங்கிலம் அவரிடமிருந்து போய்விடும், ஐரிஷ் மட்டும் நிற்கும். உடன் வேலை செய்த ஒரு அக்கா எனக்கு நாலு வாக்கியம் எழுதிக் கொடுத்தார். 'அன் வில் தார்த் ஓர்த்?' என்றால் 'தாகம் உன்மேல் இருக்கிறதா?' பசி, வலி, பயம், கவலை எல்லாமே ஐரிஷில் ஆள்மேல்தான் வந்து உட்காரும். ஐரிஷில் ஆம், இல்லை என்று தனிச் சொல் கிடையாது, வினையைத்தான் திருப்பிச் சொல்ல வேண்டும். 'தா' என்றால் இருக்கிறது, 'நீல்' என்றால் இல்லை. இந்த இரண்டு சொல்லை வைத்துக்கொண்டு மூன்று மாதம் ஓட்டினோம். நான் மன்ஸ்டர்காரர் மாதிரி 'கொனஸ் அத்தா தூ' என்று சொன்ன அன்று மட்டும் முறைத்தார்.

டப்ளினிலிருந்து:

கால்வே தம்பிக்கு ஒரு சின்னத் திருத்தம். மூன்று வழக்குகள் என்கிறோமே, அவை மிச்சப்பட்டவை. ஒரு காலத்தில் தீவு முழுக்கப் பேசிய மொழி இது, ஊருக்கு ஊர் கொஞ்சம் கொஞ்சமாக மாறிக்கொண்டே போகும். 1845இல் தொடங்கிய பஞ்சத்தில் சுமார் பத்து லட்சம் பேர் செத்தார்கள், ஏறக்குறைய அதே அளவு பேர் கப்பலேறினார்கள். அதிகம் அடிபட்டது ஐரிஷ் பேசிய ஏழைகள்தான். பிள்ளை கப்பலேற ஆங்கிலம் வேண்டும் என்று பெற்றோரே தம் மொழியை விட்டார்கள். பிள்ளையின் கழுத்தில் குச்சி ஒன்றைக் கட்டி, ஐரிஷ் பேசும் ஒவ்வொரு முறையும் அதில் ஒரு வெட்டு போட்டு, சாயங்காலம் எண்ணி அடித்த காலம் அது. நடுவில் இருந்த ஊர் வழக்குகள் அழிந்து, கடலோரத்தில் மூன்று திட்டுகள் நின்றுவிட்டன. அதனால்தான் ஒன்றுக்கொன்று இவ்வளவு தூரமாகத் தெரிகின்றன.

கோனமாரா ஐரிஷ் கேட்க அவ்வளவு மேற்கே போகவும் வேண்டாம். 1935இல் அங்கிருந்து குடும்பங்களைக் கூட்டிவந்து, டப்ளினுக்குப் பக்கத்து மீத் மாவட்டத்தில் நிலம் கொடுத்துக் குடியேற்றினார்கள். ரா கார்ன் என்று ஊர்ப்பெயர். போன மாதம் போனேன். அங்கேயும் உருளைக்கிழங்கு ஃபாத்தாதான்.