அந்தக் கடைசிச் சிவப்பு எத்தனை டிகிரி?

அளவுகோல்: "ஹாக்கின்ஸின் வெப்பப் பட்டைப் படம் ஒன்றே ஆயிரம் ஆய்வுக் கட்டுரைக்குச் சமம்" என்று நேற்று இங்கே ஒருவர் எழுத, ஆளாளுக்குக் கைதட்டல். பற்றிக்கொண்டு வந்தது. காலநிலை ஆய்வாளர் எட் ஹாக்கின்ஸ் 2018-இல் ரெடிங் பல்கலைக்கழகத்திலிருந்து வெளியிட்ட படம், புவி சூடாவதை நிறத்தில் காட்டுவது. ஆண்டுக்கு ஒரு கோடு, இடப்பக்கம் நீலம், வலப்பக்கம் சிவப்பு. எண் கிடையாது, அளவு குறிக்கும் அச்சுக்கோடு கிடையாது. ஒரே கேள்வி: அந்தக் கடைசிச் சிவப்பு எத்தனை டிகிரி?

கிளிஞ்சல்: அந்த 'ஒருவர்' நான்தான். பெயர் சொல்லியே திட்டலாம், கோபித்துக்கொள்ள மாட்டேன். எண்ணை வேண்டுமென்றேதான் விட்டிருக்கிறார் ஐயா. வரைபடம் என்றாலே பக்கத்தைப் புரட்டிவிடுகிறவர்களுக்காகப் போட்டது அது.

அளவுகோல்: நல்லது. எத்தனை டிகிரி?

மைக்கூடு: கோடு இல்லை, பட்டை. இருபது வருஷமாக அச்சகத்தில் நிறத்தோடு மாரடிக்கிறவன் சொல்கிறேன். 1971–2000 சராசரிக்கு மேலே போன ஆண்டு சிவப்பு, கீழே இருந்தது நீலம். சிவப்பு-பச்சை பிரித்தறிய முடியாதவர்கள்கூட இந்த இரண்டையும் பிரித்துவிடுவார்கள். யோசித்துத்தான் எடுத்திருக்கிறார்.

அளவுகோல்: வாங்க. சராசரியை 1850–1900 என்று வைத்தால் நீலம் பாதி காணாமல் போகும். நாட்டுக்கு நாடு நிற அளவும் வேறு. ஒரே சிவப்பு இங்கே ஒரு டிகிரி, அங்கே வேறு டிகிரி. போன வாரம் வீட்டில் அச்செடுத்தேன். நடுவில் சிவப்பு மை தீர்ந்து, கடைசிப் பத்து வருஷம் வெளிறிப்போய் வந்தது. புவி குளிர்ந்துவிட்டது, கொண்டாடுங்கள்!

கிளிஞ்சல்: மை வாங்காததற்கும் ஹாக்கின்ஸ்தான் பொறுப்பா? போன மாதம் ஓசோன் ஓட்டை வழியாக வெயில் இறங்கித்தான் புவி சூடாகிறது என்று தப்பாக எழுதிவிட்டு, ராத்திரியோடு ராத்திரியாக அழித்தது யார்? அன்றைக்கு அளவுகோல் எங்கே போயிருந்தது?

அளவுகோல்: அழிக்கவில்லை. திருத்தினேன்.

கிளிஞ்சல்: மொத்தத்தையும் திருத்தினீர்கள்!

பனிச்சாரல்: பட்டையை விடுங்கப்பா. 2015 பாரிஸ் காலநிலை மாநாட்டு சமயத்தில் கலைஞர் ஒலாஃபர் எலியாசனும் புவியியலாளர் மினிக் ரோசிங்கும் கிரீன்லாந்துப் பனிப்பாளங்கள் 12-ஐக் கொண்டுவந்து, அந்த ஊர்ப் பாந்தியோன் நினைவு மண்டபத்தின் முன்னால் கடிகாரம் போல வட்டமாக வைத்தார்களே. ஜனங்கள் காதை ஒட்டிவைத்துக் கேட்டார்கள். பனி உருக உருக, உள்ளே அடைபட்டிருந்த பழங்காலக் காற்றுக் குமிழிகள் பட்பட்டென்று வெடிக்கும். அதற்கு எந்த அச்சுக்கோடு வேண்டும்?

மைக்கூடு: அவ்வளவு தூரம் பனியைச் சுமந்து வந்த புகையை யார் கணக்கில் எழுதுவது?

பனிச்சாரல்: அவர்களே கணக்கெடுத்து வெளியிட்டார்கள். குறை சொல்லுமுன் படியுங்கள்.

அளவுகோல்: கடலில் ஏற்கெனவே மிதந்த பனியைத்தானே பிடித்து வந்தார்கள்? மிதக்கிற பனி உருகினால் கடல்மட்டம் ஏறாது. பள்ளிப் பிள்ளைக்கும் தெரியும். அருமையான பாடம்!

பனிச்சாரல்: தரையில் கிடந்த பனி உடைந்து கடலில் விழுந்தபோதே மட்டம் ஏறியாயிற்று, வாத்தியாரே. அந்தப் பக்கத்தை உங்கள் பள்ளியில் கிழித்துவிட்டார்களா?

அளவுகோல்: பேச்சை மாற்றாதீர்கள். நான் கேட்டது கோட்டுப் படத்தை.

மைக்கூடு: பட்டை.

அளவுகோல்: அச்சகக்காரருக்குப் பெயர்தான் கவலை. இத்தனை பேர் எழுதியும் டிகிரியை ஒருத்தர் சொல்லவில்லை.

கிளிஞ்சல்: 1971–2000 என்று மேலே எழுதியிருக்கிறதே!

அளவுகோல்: அது ஆண்டு. நான் கேட்டது டிகிரி.