எல்லையோர மக்கள் பற்றிய இரு திரை வீடியோ: முகம் மறைப்பது எப்படி?

கேள்வி: பேசுபவர்கள் முகம் தெரியக்கூடாது என்கிறார்கள். எடிட்டில் மங்கலாக்கினால் போதுமா? இரண்டு திரையிலும் படம் ஒத்து ஓட என்ன செய்வது?

பதில் 1: போதாது. மூல ஃபைலில் முகம் அப்படியே இருக்குமே, சோதனைச்சாவடியில் ஹார்ட் டிஸ்க்கைப் பிடுங்கினால் போச்சு. ஜன்னலை முதுகுப்பக்கம் வைத்து உட்காரவையுங்கள்; வெளி வெளிச்சத்துக்கு எக்ஸ்போஷரை (கேமரா வாங்கும் ஒளி அளவை) பூட்டுங்கள்; முகம் இருட்டாகிவிடும். இருட்டிலும் விவரத்தைச் சேமிக்கும் ரா, லாக் பதிவு முறைகள் வேண்டாம். எடிட்டில் இருட்டுப் பகுதியை வெளிச்சமாக்கினால் கண்ணும் மூக்கும் திரும்பி வரும். கைகளை மட்டும் எடுப்பது இன்னும் மேல். மோதிரம், தழும்பு, பச்சை குத்தியது கவனம்.

பதில் 2: குரலின் சுருதியை மட்டும் மாற்றினால் பழைய குரலுக்கே திருப்பிவிடலாம். பேச்சை எழுதி வேறொருவரைப் படிக்கவையுங்கள். வட்டார வழக்கும் ஊரைக் காட்டிக்கொடுக்கும். ஃபோனில் எடுத்தால் லொகேஷனை அணையுங்கள்.

பதில் 3: இரண்டு பிளேயரில் தனித்தனியாக லூப் (திரும்பத் திரும்ப) விட்டால் போகப்போக இரு படங்களின் நேரம் ஒன்றுக்கொன்று விலகும். இரண்டையும் பக்கம் பக்கமாக வைத்து 3840×1080 அளவில் ஒரே ஃபைலாக்கி, ஒரே கணினியிலிருந்து இரு புரொஜெக்டருக்குப் பிரியுங்கள்.