சமாதான ஓலை வருவதற்குள்: உங்கள் ஊரில் பார்த்ததைச் சொல்லுங்கள்

கடலூர்க்காரன்:

பொங்கல் லீவுக்கு வந்த அக்கா மகனைத் தேவனாம்பட்டினம் கூட்டிப்போனேன். கடல் பார்த்தாச்சு, சுண்டல் தின்றாச்சு. "மாமா, இங்கே ஏதோ கோட்டை இருக்காமே?" என்றான். கெடிலம் ஆற்றை ஒட்டி முள்செடி மண்டிக் கிடக்கும் செங்கல் சுவரைக் காட்டினேன். இதற்கா இவ்வளவு தூரம் என்கிற மாதிரி பார்த்தான்.

சரி, கதையாவது சொல்வோம் என்று ஆரம்பித்தேன். 1690-இல் ஆங்கிலேயர்கள் செஞ்சி மராத்தியரிடம் இந்தக் கோட்டையை விலைக்கு வாங்கினார்கள். அப்போது சென்னையில் கவர்னர் எலிஹு யேல். கோட்டையிலிருந்து பீரங்கி சுட்டால் குண்டு எதுவரை போய் விழுகிறதோ, அதுவரை உள்ள நிலமும் சேர்த்தி என்பது பேச்சு. அப்படி வந்த ஊர்களுக்குக் குண்டு கிராமம் என்று பெயர். எங்கள் குண்டு சாலைக்குப் பெயர் வந்ததும் அதனால்தான் என்பார்கள். "அப்போ இருக்கறதுலயே பெரிய பீரங்கியாப் பார்த்துக் கொண்டாந்திருப்பாங்க" என்றான் பையன். வியாபாரம் அவனுக்குப் புரிந்துவிட்டது.

ஆனால் எனக்கு உறுத்துவது வேறு. 1783 ஜூனில் கடலூர் பிரெஞ்சுக்காரர்களின் கையில் இருந்தது. உள்ளே பிரெஞ்சுத் தளபதி புஸ்ஸி. வெளியே ஊருக்குத் தெற்கே ஜெனரல் ஸ்டூவர்ட்டின் ஆங்கிலப் படை. 13-ஆம் தேதி பெரிய சண்டை. 20-ஆம் தேதி கடலில் பிரெஞ்சு அட்மிரல் சுஃப்ரேனின் 15 கப்பல்களும் ஆங்கில அட்மிரல் ஹியூஸின் 18 கப்பல்களும் மோதின. 25-ஆம் தேதி பிரெஞ்சுக்காரர்கள் வெளியே வந்து தாக்கினார்கள். மாதக் கடைசியில் மெடியா என்ற ஆங்கிலக் கப்பல் வெள்ளைக்கொடியோடு வந்து ஒரு சேதி சொன்னது. இரண்டு நாடுகளும் வெர்சாயில் பூர்வாங்க உடன்பாட்டில் கையெழுத்துப் போட்டாயிற்று. எப்போது? ஜனவரி 20-ஆம் தேதி!

இரண்டு பக்கமும் சிப்பாய்களாக நின்றவர்கள் இந்த நாட்டுக்காரர்கள். அந்தச் சேதி ஒரு மாதம் முந்தி வந்திருக்கக் கூடாதா என்று அந்தச் சுவரைப் பார்க்கும்போதெல்லாம் தோன்றும். இதுபோல உங்கள் ஊர்ப்பக்கம் எதையாவது நேரில் பார்த்திருந்தால் எழுதுங்களேன்.

டொராண்டோவிலிருந்து:

எங்கட ஊர் யாழ்ப்பாணம். ஆனால் நான் சொல்லப்போவது சென்னைப்பட்டினத்துக் கதை, அதுவும் கனடாவில் கேட்டது. இரண்டு வருடத்துக்கு முந்தி பிள்ளைகளோடு நோவா ஸ்கோஷியா போயிருந்தோம். கேப் பிரெட்டன் தீவில் லூயிஸ்பர்க் என்று ஒரு பிரெஞ்சுக் கோட்டை நகரம். இடிந்து கிடந்ததில் ஒரு பகுதியை மட்டும் 1960-களில் தொடங்கி அரசாங்கம் திரும்பக் கட்டியிருக்கிறது. வாசலில் பழைய காலத்து உடுப்போடு சிப்பாய் நின்று மறிப்பான். உள்ளே அந்தக் காலத்துச் சிப்பாய்களுக்குச் சுட்ட மாதிரியே பாண் சுட்டு விற்கிறார்கள். கல்லு மாதிரி இருக்கும், மகன் பாதியிலேயே வைத்துவிட்டான்.

எங்களுக்குச் சுற்றிக் காட்டிய பெண் எங்கே இருந்து வந்தனீங்கள் என்று கேட்டார். தமிழர் என்று சொன்னவுடன் முகம் மலர்ந்து, "இந்தக் கோட்டையைக் கொடுத்துத்தானே மெட்ராஸை வாங்கினார்கள்!" என்றார். எனக்கு விளங்கவே இல்லை. பிறகு வடிவாக விளங்கப்படுத்தினார். 1745-இல் நியூ இங்கிலாந்துக்காரர்கள், அதாவது அமெரிக்கக் குடியேற்றக்காரர்கள், ஆங்கிலக் கடற்படையின் துணையோடு லூயிஸ்பர்க்கைப் பிடித்தார்கள். அடுத்த வருடம் பிரெஞ்சுக் கடற்படைத் தளபதி லா பூர்தொனே சென்னையைப் பிடித்தார். 1748-இல் இன்றைய ஜெர்மனியில் இருக்கும் ஆஹன் நகரத்தில் உடன்படிக்கை எழுதியபோது அது இவருக்கு, இது அவருக்கு என்று மாற்றிக்கொண்டார்கள். இரத்தம் சிந்திப் பிடித்த கோட்டையை லண்டன் திருப்பிக் கொடுத்துவிட்டதே என்று நியூ இங்கிலாந்தில் சரியான கோபமாம். சென்னையில் இருந்தவர்களிடம் ஆர் கேட்டது?

புதுச்சேரியிலிருந்து:

கனடா நண்பர் சொன்னதில் ஒரு சின்னத் திருத்தம். இரண்டு ஊரை மட்டும் மாற்றிக்கொண்ட பேரம் இல்லை அது. இன்றைய பெல்ஜியத்தில் பிடித்திருந்த ஊர்களையும் பிரான்ஸ் அப்போது விட்டுக்கொடுத்தது.

இன்னொன்று, சென்னைக்கு முதலில் போட்ட கணக்கே வேறு. பதினொரு லட்சம் வராகன் கொடுத்தால் ஊரைத் திருப்பித் தருகிறேன் என்று லா பூர்தொனே ஆங்கிலேயர்களிடம் பேசி முடித்துவிட்டார். இங்கே கவர்னராக இருந்த டூப்ளே, அந்தப் பேச்சு செல்லாது என்றார். ஒரே ராஜாவின் ஆட்கள்தான், ஆனால் ஒருவர் செய்த ஒப்பந்தத்தை இன்னொருவர் கிழித்துப் போட்டார். நான் தினமும் காலையில் கடற்கரையில் டூப்ளே சிலையைத் தாண்டித்தான் நடக்கிறேன். விருந்தினர் யாராவது வந்தால் இந்தக் கதையைச் சொல்லாமல் விடுவதில்லை. என் மனைவிக்கு மனப்பாடமாகிவிட்டது, நான் மூச்சு வாங்க நின்றால் மீதியை அவளே முடித்துவிடுவாள்.

கடலூர்க்காரர் சொன்ன தாமதம் எங்களுக்கும் உண்டு. 1748 ஏப்ரலிலேயே ஐரோப்பாவில் பூர்வாங்க உடன்பாடு ஆகிவிட்டது. ஆனால் ஆகஸ்டில் ஆங்கில அட்மிரல் போஸ்கவன் வந்து புதுச்சேரியை முற்றுகை போட்டார். மழைக்காலம் நெருங்க, அக்டோபரில் கலைந்து போனார். ஊர் தப்பித்தது. 1761-இல் தப்பவில்லை. ஐர் கூட் என்ற ஆங்கிலத் தளபதியின் படை பிடித்ததோடு நிற்காமல் ஊரையே இடித்துத் தள்ளியது. லூயிஸ்பர்க்கை மறுபடி பிடித்திருந்த ஆங்கிலேயர் அதன் அரண்களை இடித்தது அதற்கு முந்தைய வருடம்.

கொச்சியிலிருந்து:

வேலை விஷயமாக ஆறு வருடமாக ஃபோர்ட் கொச்சியில் இருக்கிறேன். அறைக்குப் பக்கத்தில்தான் டச்சுக் கல்லறைத் தோட்டம். பூட்டியே கிடக்கும். ஒருநாள் மாலை சுவருக்கு மேலே எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தேன். ஓய்வு பெற்ற மலையாள வாத்தியார் ஒருவர் வந்து, "இவர்கள் எல்லாம் சமாதானம் ஆன பிறகு வந்து ஊரைப் பிடித்தவர்கள்" என்றார். கிண்டல் செய்கிறார் என்று நினைத்தேன். படித்துப் பார்த்தால் உண்மைதான். போர்த்துகலும் ஹாலந்தும் ஹேக் நகரில் கையெழுத்துப் போட்டது 1661 ஆகஸ்டில். டச்சுத் தளபதி வான் கோயன்ஸ் போர்த்துகீசியரிடமிருந்து கொச்சியைப் பிடித்தது 1663 ஜனவரியில். அடுத்து கண்ணூர்.

ஆனால் இங்கே தாமதத்தை மட்டும் குற்றம் சொல்ல முடியாது. உடன்படிக்கையை முறைப்படி அறிவிக்கும் நாளில் யார் கையில் எது இருக்கிறதோ அது அவருக்கே என்பது ஏற்பாடு. அப்படியென்றால் அறிவிப்பு வருவதற்குள் முடிந்ததைப் பிடித்துக்கொள்வதுதானே புத்திசாலித்தனம்! போர்த்துகல் கேட்டுப் பார்த்தது, டச்சுக்காரர்கள் கொடுக்கவில்லை.

டொராண்டோவிலிருந்து:

கொச்சித் தம்பி, அவர்களுக்கு அது பழகின வேலை. 1641-இல் அதே இரண்டு பேரும் பத்து வருடச் சண்டை நிறுத்தம் எழுதினார்கள். எங்கட இலங்கைப் பக்கம் அது நடைமுறைக்கு வர 1644 கடைசியாயிற்று. அதற்குள் நீர்கொழும்பு டச்சுக்காரரின் கைக்குப் போய்விட்டது.

கடலூர்க்காரன்:

இவ்வளவு வரும் என்று நினைக்கவில்லை, எல்லோருக்கும் நன்றி. 1783-இல் விட்ட ஒன்றைச் சேர்த்துவிடுகிறேன். அப்போது திப்பு சுல்தான் பிரெஞ்சுப் படையையும் கூட வைத்துக்கொண்டு மங்களூரை முற்றுகை போட்டிருந்தார். அதே சமாதானச் சேதி அங்கே போனதும், எங்கள் ராஜா சண்டையை முடித்துவிட்டார் என்று பிரெஞ்சுக்காரர்கள் ஒதுங்கிக்கொண்டார்கள். திப்பு தனியாக முற்றுகையைத் தொடர்ந்தார். அவருக்கும் ஆங்கிலேயருக்கும் உடன்படிக்கை ஆனது 1784 மார்ச்சில்.

அக்கா மகன் நேற்று போன் பண்ணினான். லீவு விட்டால் மறுபடி வருகிறானாம். கோட்டையிலிருந்து குண்டு சாலை வரை எத்தனை கிலோமீட்டர் என்று சைக்கிளில் அளந்து பார்க்க வேண்டுமாம்.