டயலைத் திருப்பினால் எல்லாச் சத்தமும் போகிறது: கேமையும் சாட்டையும் எப்படிப் பிரிப்பது?

டிக்கோயா_டுவோ

எல்லாருக்கும் வணக்கம். கொழும்பில் வேலை செய்யும் சித்தப்பா மகன் புது ஹெட்செட் வாங்கியதால் பழையதை எனக்குத் தந்துவிட்டார். வயர் இல்லாதது, லெப்டொப்பில் யூஎஸ்பி டொங்கிள் என்கிற சின்னத் துண்டைக் குத்துகிற வகை. காதுப் பக்கத்தில் ஒரு டயல் இருக்கிறது. அதன் ஒரு முனையில் கேம் கொன்ட்ரோலர் படம், மற்ற முனையில் ஆள் பேசுகிற படம். பெட்டியும் இல்லை, அதோடு வந்த பேப்பரும் இல்லை.

விளையாடுவது வலோரன்ட், டீமாகச் சேர்ந்து சுடுகிற கேம். கூட்டாளிகள் டிஸ்கோர்ட் என்கிற பேசுகிற ஆப்பில் இருப்பார்கள். டயலைக் கேம் பக்கம் கடைசி வரை திருப்பினாலும் ஒரு மாற்றமும் இல்லை. பேசுகிற பக்கம் திருப்பினால் கேம், டிஸ்கோர்ட், யூடியூப் எல்லாம் சேர்ந்தே குறைந்து, கடைசியில் ஒன்றுமே கேட்காது. அப்புறம் இன்னொரு தொல்லை. டிஸ்கோர்ட் கோலில் சேர்ந்த உடனே கேம் சத்தம் கிணற்றுக்குள் இறங்கிய மாதிரி ஆகிவிடுகிறது. கோலை விட்டு வந்தால் பழையபடி சரி.

நாங்கள் இருப்பது தோட்டத்து லயத்தில், வரிசையாக ஒட்டிக் கட்டிய வீடுகள். பக்கத்துக் காம்பராவுக்கும் எங்களுக்கும் நடுவில் இருக்கிற சுவர் கூரை வரைக்கும் போகாது. அந்தப் பக்கம் ஓ.எல். பரீட்சைக்குப் படிக்கிற பிள்ளை. கூட்டாளி சொல்வது சரியாகக் கேட்காததால் நானும் என்னை அறியாமல் கத்துகிறேன் போல. "உன் மகன் ராத்திரியில் யாரோடு சண்டை போடுறான்?" என்று அந்த வீட்டுப் பெரியம்மா அம்மாவிடம் கேட்டுவிட்டார். அம்மா விடிய எழும்பிக் கொழுந்துக்குப் போகிறவர், அவருக்கும் தூக்கம் கெடுகிறது. இஸ்தோப்பில், அதாவது வாசல் திண்ணையில் போய் உட்காரலாம் என்றால் குளிரில் விரல் விறைத்துவிடும். மழை வந்தால் தகரத்தில் கொட்டுகிற சத்தம் வேறு. வொல்யூமைக் கூட்டினால் துப்பாக்கிச் சத்தம் காதைக் கிழிக்கிறது, கூட்டாளி குரல் மட்டும் அப்படியேதான்.

டயல் பழுதா? கழற்றிப் பார்க்கலாமா? லெப்டொப், விண்டோஸ் 11.

கம்பளை_ஸ்னைப்பர்

மச்சான், டிஸ்கோர்டில் கூட்டாளியின் பெயரில் ரைட் கிளிக் பண்ணினால் அவனுக்கு மட்டும் வொல்யூம் வரும். 200 வரைக்கும் ஏற்றலாம். நான் அப்படித்தான் ஓட்டுகிறேன், டயல் எல்லாம் சும்மா அலங்காரம்.

பண்டாரவளை_சோல்டர்

தம்பி, ஸ்க்ரூ டிரைவரைக் கீழே வையுங்கள். டயலில் பழுது இல்லை. பேசுகிற பக்கம் திருப்பும்போது எல்லாம் சேர்ந்து குறைகிறது என்று எழுதியிருக்கிறீர்களே, டயல் தன் வேலையைச் செய்கிறது என்பதற்கு அதுவே சாட்சி. ஸ்னைப்பர் தம்பி சொன்ன 200 ஒரு பக்கம் உதவும், ஆனால் ஏற்ற ஏற்றக் குரல் பிசிறடிக்கும். அதைக் கடைசிக்கு வைத்துக்கொள்வோம்.

நான் பண்டாரவளையில் போன், லெப்டொப் திருத்துகிற ஆள். ஹெட்செட்டைத் தூக்கிக்கொண்டு வருகிறவர்கள் எந்த பட்டனை அமத்த வேண்டும் என்றுதான் கேட்பார்கள். நான் அவர்களிடம் கேட்பது, கேம் சத்தமும் ஆள் சத்தமும் எந்த இடத்தில் ஒன்றாகக் கலக்கின்றன என்று. கலந்து முடிந்த பிறகு எந்த டயலாலும் பிரிக்க முடியாது. கலப்பதற்கு முன்னால் பிடிக்க வேண்டும்.

உங்களுடைய மாதிரி ஹெட்செட்டில் கலப்பது ஹெட்செட்டுக்குள்ளே. அதனால்தான் அதில் டயல் இருக்கிறது. டொங்கிளைக் குத்தினால் விண்டோஸுக்கு அது ஒரு ஹெட்செட்டாகத் தெரியாது, இரண்டாகத் தெரியும். ஸ்டீல்சீரிஸ் ஆர்க்டிஸ் 7ஐக் குத்தினால் பெயரின் பின்னால் 'கேம்' என்று ஒன்றும் 'சாட்' என்று ஒன்றும் வரும். அவர்கள் இந்த டயலை சாட்மிக்ஸ் என்கிறார்கள், மற்றக் கொம்பனிகள் வேறு பெயர் வைத்திருப்பார்கள், சங்கதி ஒன்றுதான். நடுவில் டயல் நின்றால் இரண்டு வழியும் முழுதாகத் திறந்திருக்கும். கேம் பக்கம் திருப்பினால் சாட் வழி மூடும், சாட் பக்கம் திருப்பினால் கேம் வழி மூடும். உங்கள் லெப்டொப்பில் எல்லாச் சத்தமும் கேம் வழியிலேயே போகிறது, சாட் வழி காலியாகக் கிடக்கிறது. காலி வழியைத் திறந்தால் என்ன கேட்கும், மூடினால் என்ன குறையும்?

செட்டிங்ஸில் சிஸ்டம், அதற்குள் சவுண்ட். கீழே கடைசியில் 'மோர் சவுண்ட் செட்டிங்ஸ்' என்று இருக்கும். அதை அமத்தினால் பழைய விண்டோஸ் காலத்துச் சின்னப் பெட்டி ஒன்று திறக்கும். அதில் ப்ளேபேக் பகுதியில் ஹெட்செட் இரண்டு பெயரில் நிற்க வேண்டும். கேம் என்பதில் ரைட் கிளிக் பண்ணி அதை டிஃபோல்ட் டிவைஸ் ஆக்குங்கள். சாட் என்பதில் ரைட் கிளிக் பண்ணி டிஃபோல்ட் கொம்யூனிகேஷன் டிவைஸ் ஆக்குங்கள். பிறகு டிஸ்கோர்டுக்குள் போய் வொய்ஸ் செட்டிங்கில் அவுட்புட் டிவைஸை சாட் என்று கையாலேயே தெரிவு செய்யுங்கள். டிஃபோல்ட் என்று விட்டால் சில வேளை அது தன் இஷ்டத்துக்கு மற்ற வழியில் போய் நிற்கும்.

கோலில் சேர்ந்ததும் கேம் சத்தம் இறங்குவது வேறு கதை, டயலுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. அதே சின்னப் பெட்டியில் கொம்யூனிகேஷன்ஸ் என்று கடைசிப் பகுதி இருக்கிறது. யாராவது கோல் பேசினால் மற்றச் சத்தங்களை என்ன செய்வது என்று விண்டோஸ் அங்கே கேட்கும். நீங்கள் ஒன்றும் தொடவில்லை என்றால் 80 சதவீதம் குறை என்பதில்தான் புள்ளி இருக்கும். ஒஃபிஸில் கோல் எடுக்கிறவர்களுக்கு அது நல்ல ஏற்பாடு. உங்களுக்கு வேண்டாம். 'டூ நத்திங்' என்பதில் புள்ளியை வைத்து ஓகே கொடுங்கள்.

டிஸ்கோர்டிலும் இதற்கு ஒரு தம்பி இருக்கிறான், அட்டெனுவேஷன் என்று பெயர். எது குற்றவாளி என்று கண்டுபிடிக்க ஒரு வழி உண்டு. கோலில் இருக்கும் நேரம் முழுக்கக் கேம் சத்தம் குறைந்தே கிடந்தால் விண்டோஸ். யாராவது வாய் திறக்கும்போது மட்டும் குறைந்து, அவர் நிறுத்தியதும் ஏறினால் டிஸ்கோர்ட். நீங்கள் சொல்வதைப் பார்த்தால் முதலாவதுதான், ஆனால் அட்டெனுவேஷன் ஸ்லைடரையும் பூச்சியத்துக்கு இழுத்துவிடுங்கள்.

இதெல்லாம் முடிந்த பிறகுதான் பேலன்ஸ். டயலை நடுவில் வைத்து, ஒரு கூட்டாளியை வழக்கமாகப் பேசச் சொல்லி, அவன் குரல் சிரமமில்லாமல் கேட்கிற அளவுக்கு ஹெட்செட் வொல்யூமை வையுங்கள். அத்தோடு அதைத் தொடாதீர்கள். பிறகு கேமுக்குள் பயிற்சி ரேஞ்சில் நின்று சுட்டுக்கொண்டே கேமின் சொந்த வொல்யூம் ஸ்லைடரைக் குறைத்து வாருங்கள். சுடும்போதும் கூட்டாளி சொல்கிற சொல் விளங்க வேண்டும், அந்த இடத்தில் நிறுத்துங்கள். அதிகம் பேர் கேமை முதலில் வைத்துவிட்டு, பிறகு ஆள் குரலை அதற்கு மேலே ஏற்றப் பார்ப்பார்கள். அப்போது இரண்டும் மாறி மாறி ஏறி, காதுதான் அடி வாங்கும். உலக சுகாதார நிறுவனமும் ஐ.டி.யு. என்கிற சர்வதேசத் தொலைத்தொடர்பு ஒன்றியமும் 2019ல் வெளியிட்ட அளவின்படி பெரியவர்கள் 80 டெசிபலில் வாரம் 40 மணி நேரம் வரைதான் கேட்கலாம். அதற்கு மேல் 3 டெசிபல் ஏறும் ஒவ்வொரு முறையும் நேரம் பாதியாகக் குறையும். ராத்திரி ராத்திரி விளையாடுகிற ஆளுக்கு இது சின்ன விஷயம் இல்லை.

இப்படி வைத்துவிட்டால் டயல் உங்கள் கைக்கு வந்துவிடும். கடைசி ஆளாக நிற்கும்போது கொஞ்சம் கேம் பக்கம் தள்ளிவிட்டால் காலடிச் சத்தம் தனியாகக் கேட்கும். செத்தவன்தான் அதிகம் பேசுவான், அது எந்த கேமிலும் உள்ளது.

அப்புறம் அந்தக் கத்துகிற விஷயம். கூட்டாளி குரல் கேட்காதது பாதிக் காரணம்தான். மற்றப் பாதி, உங்கள் குரலே உங்களுக்குக் கேட்காதது. காது இரண்டையும் மெத்தை போட்டு மூடிவிட்டால் யாராக இருந்தாலும் குரலை உயர்த்துவார்கள். இதற்கு சைட்டோன் என்று ஒன்று உண்டு. மைக்கில் விழும் உங்கள் குரலைக் கொஞ்சமாக உங்கள் காதுக்கே திருப்பித் தரும். ஹெட்செட்டின் சொந்த சொஃப்ட்வெயரில் தேடிப் பாருங்கள். இல்லாவிட்டால் ப்ளேபேக் பகுதியில் ஹெட்செட்டின் ப்ரொப்பர்ட்டீஸ், அதற்குள் லெவல்ஸ் பார்க்கலாம், சிலதில் அங்கே இருக்கும். ரெக்கோர்டிங் பகுதியில் 'லிசன்' என்று ஒன்று இருக்கிறது, அதைப் போடாதீர்கள். குரல் பிந்தி வந்து உங்களைக் குழப்பும். சைட்டோனே இல்லாத ஹெட்செட் என்றால் ஒரு காதைப் பாதி தள்ளி வைத்துக்கொண்டு பேசுங்கள். பக்கத்துப் பிள்ளை ஓ.எல். எழுதி முடிக்கும் வரையாவது.

டிக்கோயா_டுவோ

அண்ணா, பெரிய நன்றி. கொம்யூனிகேஷன்ஸ் பகுதியில் நீங்கள் சொன்ன மாதிரியே 80இல் புள்ளி இருந்தது, மாற்றியதும் கேம் சத்தம் இறங்குவது நின்றுவிட்டது. ஆனால் ப்ளேபேக்கில் ஹெட்செட் ஒரே ஒரு பெயரில்தான் நிற்கிறது, பின்னால் கேம் என்று போட்டிருக்கிறது. சாட்டைக் காணவில்லை. டொங்கிளை வேறு ஓட்டையிலும் குத்திப் பார்த்தேன்.

பண்டாரவளை_சோல்டர்

அந்தப் பட்டியலில் காலி இடத்தில் ரைட் கிளிக் பண்ணி 'ஷோ டிசேபிள்ட் டிவைசஸ்' என்பதில் சரி போடுங்கள். சாம்பல் நிறத்தில் ஒன்று எழும்பி வந்தால் அதில் ரைட் கிளிக், எனேபிள். பட்டியல் நீளமாக இருக்கிறதே என்று யாரோ ஒரு நாள் மூடியிருப்பார்கள். கடைக்கு வருகிற லெப்டொப்களில் இதை அடிக்கடி பார்க்கிறேன்.

டிக்கோயா_டுவோ

வந்துவிட்டது அண்ணா! சித்தப்பா மகன் இந்த ஹெட்செட்டைத் தன்னுடைய கொம்பியூட்டரில்தானே பாவித்தார், என்னுடைய லெப்டொப்பில் எப்படி மூடியிருந்தது? தங்கச்சி ஒன்லைன் கிளாஸுக்கு எடுத்தபோது ஏதாவது அமத்தியிருப்பாள், கேட்டால் இல்லை என்கிறாள். எப்படியோ, டயல் இப்போது பிரிக்கிறது. டிஸ்கோர்ட் கூட்டாளிகள் ஒரு பக்கம், கேம் மறுபக்கம்.

ஒரு குறை மட்டும். டிஸ்கோர்டில் இல்லாத ஆட்கள், அதாவது வலோரன்டுக்குள்ளேயே பேசுகிற டீம் ஆட்களின் குரல் இன்னும் கேம் பக்கத்தில்தான் வருகிறது.

மழைக்கு ஏதாவது வழி இருக்கிறதா? நேற்று நோர்வூட் பக்கம் இருக்கிற கூட்டாளி, "டேய், உன் மைக்கில் மழைதான் பேசுது" என்றான்.

பண்டாரவளை_சோல்டர்

கேமுக்குள் செட்டிங்ஸ், ஓடியோ, அதில் வொய்ஸ் சாட். அங்கே அவுட்புட் டிவைஸ் தனியாகக் கேட்கும், அதையும் சாட் என்று மாற்றுங்கள். கலக்கிற இடம் என்று நான் சொன்னது இதைத்தான். ஒவ்வொரு ப்ரோகிராமும் தன் குரலை எந்த வழியில் விடுகிறது என்று தனித்தனியாகப் பார்க்க வேண்டும்.

மழைக்கு முதலில் மைக்கை இடம் மாற்றுங்கள். வாய்க்கு நேரே வேண்டாம், உதட்டு ஓரத்தில் இரண்டு விரல் அகலத்தில் நிற்கட்டும். வாய் கிட்ட வந்தால் மைக்கின் அளவைக் குறைக்கலாம், அளவு குறைந்தால் தகரச் சத்தமும் குறையும். டிஸ்கோர்டில் பின்னணி இரைச்சலை வெட்டுகிற நொய்ஸ் சப்ரெஷன் இருக்கிறது, அதில் க்ரிஸ்ப் என்பதைப் போடுங்கள். ஐப்பசி மழை மாதிரி அடித்து ஊற்றினால் அதுவும் திணறும், குரலையும் சேர்த்து வெட்டும். அன்றைக்கு புஷ் டு டோக் வைத்து, பேசும்போது மட்டும் பட்டனை அமத்துவதுதான் மரியாதை.

கம்பளை_ஸ்னைப்பர்

சோல்டர் அண்ணா, என்னுடையது சாதாரண 3.5 பின் ஹெட்செட். டயல் கிடையாது, வயரில் வொல்யூம் மட்டும். எனக்கு 200தானா கதி?

பண்டாரவளை_சோல்டர்

உங்களுக்குக் கலப்பது லெப்டொப்புக்குள்ளே, வயருக்கு வரும்போது எல்லாம் ஒன்றாகிவிட்டது. அதனால் லெப்டொப்பிலேயே பிடியுங்கள். சவுண்ட் செட்டிங்ஸில் வொல்யூம் மிக்சர் இருக்கிறது, ஒவ்வொரு ப்ரோகிராமுக்கும் தனி ஸ்லைடர். டிஸ்கோர்டை 100இல் விட்டுவிட்டு கேமை மட்டும் குறையுங்கள். கொஞ்சம் வசதியாக வேண்டும் என்றால் ஸ்டீல்சீரிஸின் சோனார் இலவசம், வேறு கொம்பனி ஹெட்செட்டிலும் வேலை செய்யும், கேம், சாட் என்று தனித்தனி வழி செய்து தரும். லெப்டொப் பலவீனமானது என்றால் மிக்சரே போதும்.

பொகவந்தலாவை_புயல்

நான் போனில் பப்ஜி. புளூடூத் இயர்பட்ஸ். மைக்கை ஓன் பண்ணிய உடனே கேம் சத்தம் பழைய ரேடியோவில் கேட்கிற மாதிரி ஆகிவிடுகிறது. யார் எந்தப் பக்கமிருந்து வருகிறார்கள் என்றே தெரியவில்லை. எந்த ஸ்லைடரைத் தள்ளினாலும் சரிவரவில்லை. எனக்கும் ஏதாவது சொல்லுங்கள் அண்ணா.

பண்டாரவளை_சோல்டர்

தங்கச்சி, இது ஸ்லைடரால் தீராது. புளூடூத்துக்குப் பாட்டு கேட்க ஒரு முறை, கோல் பேச ஒரு முறை என்று இரண்டு உண்டு. பாட்டு முறையில் ஸ்டீரியோ வரும், மைக் வேலை செய்யாது. மைக்கைத் திறந்தால் போன் கோல் முறைக்குத் தாவிவிடும். அப்போது இரண்டு காதிலும் ஒரே சத்தம்தான், அதுவும் 8 அல்லது 16 கிலோஹேர்ட்ஸ் சாம்பிளிங்கில், அதாவது சத்தத்தை விநாடிக்கு அத்தனை ஆயிரம் தடவைதான் அளக்கும், பாட்டுக்கு வருவது 44.1 அல்லது 48. இடம் வலம் போனது அதனால்தான். வொல்யூம் பட்டனை அமத்தினால் கோல் வொல்யூம் ஏறுவதும் அதே காரணத்தால்.

மைக் உள்ள வயர் இயர்போனுக்கு மாறுங்கள். போனில் 3.5 ஓட்டை இருந்தால் நேரே குத்துங்கள், இல்லை என்றால் டைப் சி மாற்றி வயர் வேண்டும். பிறகு கேமுக்குள் ஓடியோ பக்கத்தில் ஸ்பீக்கர் என்று இருப்பது ஆட்களின் குரல், அதைக் கேம் சத்தத்துக்கு மேலே வையுங்கள். மாற்றி வயர் வாங்கும்போது மட்டும் கவனம். சில போன்களுக்கு உள்ளே சிப் வைத்த வயர்தான் எடுபடும், மைக் எடுக்காத வயர்களும் விற்கிறார்கள். போனையும் இயர்போனையும் கையோடு கொண்டுபோய், கடையிலேயே குத்தி, வொய்ஸ் ரெக்கோர்டரில் இரண்டு வார்த்தை பேசிக் கேட்டுவிட்டுக் காசைக் கொடுங்கள்.